நேராக வராத சூரன்

காஞ்சிபுரத்துப் பிள்ளையார்பாளையத்தில் காசிநாதனைப் ‘பட்டாளத்தார்’ என்று கூப்பிடலாமா கூடாதா என்பதே ஒரு காலத்தில் பெரிய வழக்காக இருந்தது. கூப்பிட்டால் தெருவுக்குப் பெரியவரான கலியாணசுந்தரத்துக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். கூப்பிடாவிட்டால் காசிநாதனுக்கு ஒன்றும் வராது. அவன் அதற்கெல்லாம் அசைகிற ஆள் இல்லை. பட்டு நெய்கிற வீட்டில் பிறந்து, தறிக்குழியில் கால் வைக்க வேண்டிய வயதில், சீனாக்காரனோடு சண்டை முடிந்து பட்டாளத்துக்கு ஆள் எடுத்தபோது யாரிடமும் சொல்லாமல் போய் மார்பளவு கொடுத்துவிட்டு வந்தவன் அவன்.

போனவனை அசாமுக்கு அப்பால் ஒரு மலைக்கு அனுப்பினார்கள். அந்த மலைக்காரர்கள் தனிநாடு கேட்டுத் துப்பாக்கி எடுத்திருந்தார்கள்.

பட்டாளம் முதலில் தனக்குத் தெரிந்த சண்டையைத்தான் போட்டது. எதிரி அந்தப் பக்கம், நாம் இந்தப் பக்கம், நடுவில் ஒரு கோடு. பாவம், அதற்குக் கற்றுக்கொடுத்தது அவ்வளவுதான். பீரங்கியை மலைமேல் இழுத்துப்போய் வைத்தார்கள். பள்ளம் வெட்டி வடக்கே பார்த்து உட்கார்ந்தார்கள். வடக்கிலிருந்து ஒரு ஈ காக்கைகூட வரவில்லை. காலையில் முகாமுக்கு முட்டை விற்க வந்து சிரித்துவிட்டுப் போனவன், மாலையில் சாலை வளைவில் லாரியைச் சுட்டான். சீருடை இல்லாத எதிரியை எந்தத் திசையில் பார்த்துச் சுடுவது?

அடி வாங்க வாங்கப் பட்டாளத்துக்குப் புத்தி வந்தது. பெரும்படையாகப் போவதை விட்டுப் பத்துப் பேராகப் போகப் பழகினார்கள். ஆணி வைத்த பூட்ஸைக் கழற்றிவிட்டுக் கான்வாஸ் மாட்டினார்கள். பீடிக்குத் தடை, இருமலுக்கும் தடை. அட்டை ரத்தம் குடிக்கக் குடிக்கப் புதருக்குள் அசையாமல் உட்காரக் கற்றார்கள். மலைப் பேச்சில் நாலு வார்த்தை பேசினார்கள், காய்ச்சல்கண்ட குழந்தைகளுக்கு மருந்து கொடுத்தார்கள். இதெல்லாம் சரிதான், யாரும் குறை சொல்ல முடியாது. கூடவே இன்னொன்றையும் கற்றுக்கொண்டார்கள். சண்டைக்காரனுக்குச் சோறு போடுகிற ஊரே இல்லாமல் செய்துவிடுவது. சின்னச் சின்ன ஊர்களைக் கலைத்து, ஜனங்களைச் சாலையோரம் மூங்கில் வேலிக்குள் குடிவைத்து, பழைய வீடுகளைக் கொளுத்திவிடுவார்கள். அதற்கு அழகாக ஒரு பெயரும் வைத்திருந்தார்கள். ஊரைக் கொளுத்துகிறவன் என்றைக்கு அதைக் கொளுத்துவது என்று சொல்லியிருக்கிறான்?

காசிநாதன் அப்போது கையில் இரண்டு பட்டை வாங்கிய நாயக். அவனையும் அவனுக்குக் கீழே இருந்த ஆட்களையும் உச்சியிலிருந்த ஒரு சிற்றூருக்கு அனுப்பினார்கள். ஜனங்கள் மூட்டை முடிச்சோடு இறங்கிப் போயிருந்தார்கள். கடைசி வீட்டில் மட்டும் ஒரு பெண் உட்கார்ந்து நெய்துகொண்டிருந்தாள். பாவாக ஓடிய நீள நூல்களின் ஒரு முனை வீட்டுத் தூணில், மறுமுனை அவள் இடுப்புப் பட்டையில். பாதி நெய்த துணி மடியில் கிடந்தது.

காசிநாதனுக்குக் கை ஓடவில்லை. அவன் தெருவில், வீட்டில் சாவே விழுந்தாலும் தறியில் ஏறிய பாவை நடுவில் அறுக்க மாட்டார்கள். தீட்டு கழிந்த பிறகு வந்து முடித்துவிட்டுத்தான் மறு வேலை. அறுத்த வீடு விளங்காது என்று பிள்ளைகளுக்குச் சோறு ஊட்டும்போதே சொல்லி வளர்ப்பார்கள். அவன் ஆட்களை உட்காரச் சொன்னான். நெய்து முடிக்கட்டும் என்றான்.

அவனோடு திருப்புட்குழிக்காரன் ஒருவன் இருந்தான், முனிசாமி. “அண்ணா, பொழுது சாய்ஞ்சிக்கினு இருக்குது. இது வேணாம், இறங்கிடலாம்” என்று இரண்டு தரம் சொன்னான். காசிநாதன் கேட்கவில்லை. அந்தப் பெண் குறுக்கு நூலான ஊடையை ஒவ்வொன்றாக, அவசரமே இல்லாமல் போட்டாள். வெளிச்சம் மங்கிய பிறகு துணியைச் சுருட்டிக்கொண்டு, அவர்களைத் திரும்பியும் பார்க்காமல் இறங்கிப் போனாள். காசிநாதன் தீப்பெட்டியைக் கையில் எடுத்தான். அந்தத் தூணைப் பார்த்தான். தீப்பெட்டியைப் பையிலேயே போட்டுக்கொண்டான். ஒரு வீட்டுக்கும் நெருப்பு வைக்காமல் ஆட்களை இறக்கினான்.

இறங்கும் வழியில் மலைக்காரர்கள் வளைவில் மறைந்திருந்து சுட்டார்கள். முனிசாமியின் முழங்கால் போயிற்று.

விசாரணை நடந்தது. பட்டையைப் பிடுங்கி வீட்டுக்கு அனுப்பினார்கள். கிளம்பும்போது மூங்கில் வேலிக்குள் இருந்த புதுக் குடியிருப்பு வழியாகப் போனான். அங்கே பெண்கள் தறியைப் பாய்போலச் சுருட்டி அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்து, கிடைத்த தூணில் கட்டி, விட்ட இடத்திலிருந்து நெய்தார்கள். அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. குழியும் இல்லை, சட்டமும் இல்லை. முடிச்சை அவிழ்த்தால் தறியே கூட வரும். அறுக்க வேண்டிய அவசியமே இல்லை. வீட்டையே அடைத்துக்கொண்டு நிற்கும் காஞ்சிபுரத்துத் தறியைத் தவிர வேறு தறி பார்க்காதவன்தான் அப்படி ஏமாறுவான். அவள் அவனை இருட்டும்வரை உட்காரவைத்துப் பொழுதைப் போக்கியிருந்தாள்.

ஊருக்கு வந்து தறியில் உட்கார்ந்தான். ஆனால் அவன் மனசு தறியில் இல்லை, ஐப்பசி சஷ்டியில் இருந்தது. சூரசம்ஹாரத்தன்று முருகனுக்கு முன்னால் சிவப்புப் பட்டு கட்டி, கிரீடம் வைத்து, மரவாள் பிடித்து நவவீரர்கள் அணிவகுப்பார்கள். ஒன்பது வேஷமும் ஒன்பது நெசவாளர் வீட்டுச் சொத்து. அதில் ஒன்று காசிநாதன் வீட்டுடையது. அவன் அப்பா இறந்த வருஷம் வரை கட்டிய வேஷம். பட்டாளத்தில் இருந்த காலமெல்லாம் வருஷா வருஷம் அந்த நாளில் அவனுக்குச் சோறு இறங்காது. அதை மட்டும் அவன் யாருக்கும் விட்டுக்கொடுக்கத் தயாராக இல்லை.

தெரு கோயில் மண்டபத்தில் கூடியது. கலியாணசுந்தரம்தான் நவவீரருக்குத் தலைவனான வீரபாகு வேஷம் கட்டுகிறவர். காசிநாதனுக்குப் பெரியப்பா முறை. பிள்ளைமேல் பாசம் இல்லாமல் இல்லை.

“இன்னாபா, பயந்து ஓடிவந்துட்டேன்னு ஊரே சொல்லிக்கினு இருக்குது. ஒடம்புக்கு முடியல, அனுப்பிட்டாங்கன்னு ஒரு வார்த்தை சொல்லிடு. வேஷம் உன் வூட்லயே இருக்கட்டும்.”

“ஒடம்பு நல்லாத்தான் இருக்குது பெரியப்பா. கொளுத்தச் சொன்னாங்க, நான் கொளுத்தல. அதுக்குத்தான் அனுப்பினாங்க” என்று நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னான். ஏமாந்ததையும் சொன்னான்.

முனிசாமியை வரவழைத்திருந்தார்கள். கம்பை ஊன்றிக்கொண்டு எழுந்தான். “என் காலு போனது இவராலதான். வெளிச்சத்துல இறங்கியிருந்தா நான் இன்னைக்கி ஏர் ஓட்டிக்கினு இருப்பேன். இந்தக் கோவம் நான் சாவற வரைக்கும் போவாது. ஆனா பயந்து ஓடினாருன்னு எவன் சொன்னாலும் அது பொய். சுட்டுக்கினு இருக்கறப்போ என்னைத் தோள்ல போட்டுக்கினு வந்தது இவருதான்.”

காசிநாதன் அவனைப் பார்த்துத் தலை குனிந்தான். பிறகு கூட்டத்தைப் பார்த்தான்.

“இங்க உக்காந்துக்கினு இருக்கறவங்க யாராவது சொல்லுங்க. தறியில ஏறின பாவை நடுவுல அறுப்பீங்களா?”

கலியாணசுந்தரம்தான் கடைசியில் சொன்னார்: “அது நம்ம தறிடா. அவ யாரோ எவளோ.”

“தறின்னா தறிதான். ஏமாத்தினாளா? அவ ஊரு, அவ வீடு, ஏமாத்தட்டும். அவ எழுந்து போனப்புறமும் நான் கொளுத்தல. இன்னைக்கி அனுப்பினாலும் கொளுத்த மாட்டேன்.”

உத்தரவுக்குக் கட்டுப்படாதவன் சாமிக்கு முன்னால் சேவகனாக நிற்கக் கூடாது என்று முடிவாயிற்று. வேஷம் வேறு வீட்டுக்குப் போயிற்று. அன்று காசிநாதன் சாப்பிடவில்லை. அவன் மனைவி கமலாட்சி அழுதாள். மறுநாள் அவன் செவிலிமேட்டுக்குப் போனான். சூரன் பொம்மையைத் தோளில் தூக்குகிற கூலியாட்கள் அங்கேதான் இருந்தார்கள். பொம்மையின் முன்கம்பு எனக்கு என்றான். நவவீரர் வீட்டுப் பிள்ளை சூரனைத் தூக்குவதா என்று தெருவே காறித் துப்பியது.

சூரன் சந்நிதித் தெருவில் மேளத்தோடு நேராக வருவான், வணங்குவான், பின்வாங்கித் தலையை மாற்றிக்கொண்டு மறுபடி வருவான். அதுதான் காலங்காலமான முறை. அந்த வருஷம் யானைத் தலையோடு ஒருதரம் ஒழுங்காக வந்தான். அடுத்து மேளம் முழங்கியது. வீரர்கள் ஒன்பது பேரும் வாளை ஓங்கி வரிசையாக நின்றார்கள். சூரனைக் காணோம். ஓங்கிய கை வலித்தது. சட்டென்று பக்கத்துச் சந்திலிருந்து, முதுகுக்குப் பின்னால், கலியாணசுந்தரத்தின் தோளுக்கு மேல் சிங்கத்தலை எட்டிப் பார்த்தது. அவர் துள்ளித் திரும்புவதற்குள் போயேபோய்விட்டது. ஜனம் ‘ஓ’ என்று கூவியது.

“நேரா வாடா!” என்று வீரபாகு தொண்டை கிழியக் கத்தினார்.

வீரர்கள் வரிசையைக் கலைத்துக்கொண்டு ஓடினார்கள். கொஞ்சநேரத்தில் அவர்களும் தேறிவிட்டார்கள். கிரீடத்தைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, இரண்டிரண்டு பேராகப் பிரிந்து, சந்து சந்தாக அடைத்தார்கள். வாசலில் நின்ற கமலாட்சியிடம் கலியாணசுந்தரம் மூச்சு வாங்கிக்கொண்டு கேட்டார்: “எந்தப் பக்கம்மா போனான்?”

“பாக்கலியே மாமா.”

அடுத்த வீட்டுக்காரியிடம் கேட்டார். அவளும் பார்க்கவில்லையாம். கூரை உயரச் சூரன் சந்துவழியே போயிருக்கிறான், ஒரு பெண்கூடப் பார்க்கவில்லையாம்! அவருக்கு வந்ததே ஆத்திரம்.

“வூடு வூடா பூந்து பாருங்கடா! கொல்லையிலதான் வெச்சிருக்காளுங்க!”

வீரர்கள் அசையவில்லை. ஒருவன் மட்டும் மெல்லச் சொன்னான்: “பெரியவரே, இது நம்ம வூடுங்க.”

கலியாணசுந்தரம் வாளைத் தாழ்த்தி வீடுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

எந்தக் கொல்லையிலிருந்தோ சூரன் தானாகவே வந்தான். காசிநாதன் சாமிக்கு எதிரே பொம்மையை இறக்கி, “வெட்டுங்க பெரியப்பா” என்றான்.

“நேரா வந்தா இன்னாடா?”

“நேராத்தான் வருவான்னு பட்டாளத்துல எங்களுக்கும் சொல்லிக் குடுத்தாங்க.”

மறுவருஷம் சஷ்டிக்கு முன்னால் கலியாணசுந்தரமே சிவப்புப் பட்டை எடுத்துக்கொண்டு அவன் வீட்டுக்கு வந்தார். வேஷத்தைத் திருப்பிக் கொடுக்கத் தெரு ஒப்புக்கொண்டது என்றார். காசிநாதன் அந்தப் பட்டைக் கையில் வாங்கி, தடவிப் பார்த்தான். அவன் அப்பா கட்டிய பட்டு. அவன் கண் கலங்கியது. பிறகு அவர் மடியிலேயே திரும்ப வைத்தான்.

“பட்டாளத்து வரிசையில நின்னு பாத்தாச்சு பெரியப்பா. எதிர்ல இருக்கறது யார் வூடுன்னு கேக்காம நிக்கணும். அது எனக்கு வராது. யாராவது வந்து கொளுத்தச் சொன்னா, இது யார் வூடுன்னு அந்த ஒன்பது பேரும் கேக்கட்டும். அது வரைக்கும் முன்கம்பு என்னுதுதான்.”