ஜெய்புன்னிசா எண்ணிய நிலாக்கள்

பெருமாநல்லூர் ரோட்டில் இருந்த அந்தப் பனியன் கம்பெனியில் ஜெய்புன்னிசாவுக்குப் பயப்படாதவர் யாருமில்லை, முதலாளி நல்லான் உட்பட. செக்கிங் மேசையில் பதினோரு வருடமாக நிற்கும் பெண்மணி. தைத்து வரும் பனியனில் ஓட்டையோ எண்ணெய்க் கறையோ கண்ணில் பட்டால் தூக்கிக் கடாசிவிடுவார். விருந்துக்குப் போன இடத்திலும் பிரியாணியைப் பார்ப்பதற்கு முன்னால் மேசை விரிப்பைப் புரட்டிப் பார்ப்பார் என்று சொந்தக்காரர்களே அவரை அழைக்கத் தயங்கினார்கள்.

1989 ஆகஸ்டு கடைசியில், ஜெர்மனிக்குப் போகவேண்டிய குழந்தைகள் பனியன் மூவாயிரம் பீஸ் அவர் மேசைக்கு வந்தது. கருநீலத் துணி, நடுவில் நெப்டியூன் கிரகம், பக்கத்தில் வெள்ளையாக இரண்டு நிலா. சரக்கை வாங்கும் ஜெர்மன் பையர் அனுப்பிய படத்தில் அப்படித்தான் இருந்தது. ஆனால் பனியன்களில் நிலாக்கள் குட்டி போட்டிருந்தன. ஒன்றில் மூன்று, இன்னொன்றில் ஆறு, அடிக்கட்டில் பதினொன்று.

எல்லாம் பிரிண்டிங் போட்ட உமரின் கைங்கரியம். அச்சுச் சட்டத்தின் வலையில் ஊசிமுனை அளவு ஓட்டை விழுந்தாலும் அதன் வழியே மை இறங்கி, அடுத்தடுத்த துணியிலெல்லாம் புள்ளி விழும். உமர் அரசியல் பேசிக்கொண்டே மையை இழுத்ததில், ஓட்டைகள் ஒவ்வொன்றாகக் கூடிக்கொண்டே போனதை மனிதர் கவனிக்கவேயில்லை.

ஜெய்புன்னிசா இருநூறு பீஸை மட்டும் பாஸ் செய்துவிட்டு மற்றதையெல்லாம் ஒதுக்கினார். வெள்ளிக்கிழமை பையரின் இன்ஸ்பெக்டர் மெட்ராஸிலிருந்து வருகிறார். நல்லானுக்குத் தலை சுற்றியது.

“ஏம்மா, துளியூண்டு பொட்டு. பாஸ் போட்டுக் கையெழுத்து வெச்சுரு. இல்லாட்டி நாளையிலிருந்து ஊட்லயே இருந்துக்க.”

ஜெய்புன்னிசாவுக்கு வீட்டில் படுத்த படுக்கையாகக் கணவர், பள்ளிக்கூடம் போகும் இரண்டு பெண்கள். இந்த வேலை போனால் அடுப்பு எரியாது. இருந்தும் பேனாவை எடுக்கக் கை வரவில்லை.

மறுநாள் உமர் செய்தித்தாளை ஆட்டிக்கொண்டு ஓடிவந்தார்.

“அக்கா, இதைப் பாருங்க! அமெரிக்காக்காரன் உட்ட விண்கலம் நெப்டியூன் பக்கத்துல போயிப் பாத்துருக்குது. புதுசா ஆறு நிலாவாம். ஆகமொத்தம் எட்டு! என்ற பிரிண்டுல தப்பே இல்லீங்க. அவனுக்கு முன்னாலயே நான் கண்டுபுடிச்சுட்டேன்!”

நல்லானுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

ஜெய்புன்னிசா செய்தியை இரண்டு தடவை படித்தார். “ரம்ஜானுக்கு ஒத்தை நிலாவைப் பாக்கறதுக்கே நமக்குள்ள அத்தனை சண்டை. இதுக்கு எட்டா?” என்று முணுமுணுத்துவிட்டு எண்ண உட்கார்ந்தார். மூன்று நிலா ஒரு குவியல், நான்கு நிலா ஒரு குவியல். சாயங்காலம் நல்லானிடம் போனார்.

“எட்டு இருக்கறது நானூத்திப் பன்னெண்டு பீஸுங்க மொதலாளி. ஒம்பதும் பதினொண்ணும் எந்தப் பேப்பர்ல வந்துருக்குதுன்னு உமரைக் கேட்டுச் சொல்லுங்க.”

“கொஞ்சம் பொறுங்கக்கா, மிச்சத்தையும் கண்டுபுடிச்சுருவாங்க” என்றார் உமர், வெட்கமே இல்லாமல்.

வெள்ளிக்கிழமை வந்த இன்ஸ்பெக்டரிடம் நல்லான் நெப்டியூனைப் பற்றி அரைமணி நேரம் அளந்தார். அந்த மனிதர் எதையும் காதில் வாங்காமல் பையர் அனுப்பிய படத்தை விரித்து வைத்து, “செக் பண்ணினது யாரு?” என்று கேட்டார். நல்லான் ஜெய்புன்னிசாவைக் கண்ணாலேயே கெஞ்சினார்.

“நானுங்க. வானத்துல எட்டு இருக்கட்டும், எம்பது இருக்கட்டும். படத்துல ரெண்டுதானுங்க. அப்படி இருக்கறது இருநூறு பீஸ்தான். மத்ததெல்லாம் டேமேஜுங்க.”

மீதியைப் புதிதாக அச்சடித்துக் கொடுக்கப் பத்து நாள் அவகாசம் தந்துவிட்டு இன்ஸ்பெக்டர் கிளம்பினார். அவர் கார் நகர்ந்ததும் நல்லான் ஜெய்புன்னிசாவை வீட்டுக்கு அனுப்பினார். தெருமுனை வரைக்கும் நிமிர்ந்து நடந்தவர், பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும் அழுதார்.

எட்டாம் நாள் நல்லானே வீடு தேடி வந்தார். புதுப் பீஸெல்லாம் தயாராம். அந்தம்மா கையெழுத்து இல்லாத பெட்டியைத் திறக்கவே மாட்டேன் என்று இன்ஸ்பெக்டர் போனில் சொல்லிவிட்டாராம்.

“நான் தள்ளுனா தள்ளுனதுதானுங்களா?” என்று கேட்டார் ஜெய்புன்னிசா.

“தள்ளுனதுதாம்மா. வா.”

இரண்டாயிரத்து எண்ணூறு பீஸில் ஒரே ஒரு பனியனில், கடுகளவுக்கு மூன்றாவது நிலா இருந்தது. ஜெய்புன்னிசா அதைக் கொண்டுபோய் நல்லான் மேசைமேல் விரித்துவிட்டுக் காத்து நின்றார். நல்லான் கண்ணாடியைப் போட்டு உற்றுப் பார்த்தார். பிறகு அவரே எழுந்து போய் அதை டேமேஜ் கூடையில் போட்டார்.