தட்டானுக்கு வால் போன கதை

அந்தப் பாட்டை எழுதி அனுப்பாமல் சும்மா கிடந்திருந்தால் எனக்கும் நிம்மதி, பாட்டுக்கும் நிம்மதி. ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பத்தைத் தாண்டி ஒன்றிரண்டு வருஷம் இருக்கும். கல்லிடைக்குறிச்சியில் நான் ஆரம்பப் பள்ளிக்கூட வாத்தியார். சின்ன வகுப்புக்குப் புதிய வாசகப் புத்தகம் ஒன்று மதராஸில் தயாராகிறது, பிள்ளைகள் பாடுகிற பாட்டு ஏதும் இருந்தால் அனுப்பலாம் என்று கடிதம் வந்தது. மற்ற வாத்தியார்கள் அதை மடித்து வைத்துவிட்டுத் தங்கள் பிழைப்பைப் பார்த்தார்கள். நான்தான் துள்ளினேன்.

பாட்டு என் மனைவியுடையது. அவள் ராதாபுரம் பக்கத்துப் பனங்காட்டில் பிறந்தவள். எழுத்துத் தெரியாது. எங்கள் மகளுக்குச் சோறூட்டும்போது பாடுவாள்:

தட்டானே தட்டானே தாழ வா
தண்ணியில்லாக் காட்டுக்குத் தாழ வா
வாலைப் பிடிக்க மாட்டேன் தாழ வா
வானத்தையும் கூட்டிக்கிட்டுத் தாழ வா

எங்கள் பக்கத்தில் தட்டான் என்றால் கண்ணாடிச் சிறகுள்ள பூச்சி. பொன்வேலை செய்கிறவருக்கும் அதே பெயர் உண்டு. ஆனால் எந்தக் குழந்தையும் இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொண்டதில்லை. தட்டான் தாழப் பறந்தால் மழை வரும். மழைக்கு ஏங்கிக் கிடக்கிற பூமியில் பிறந்த பாட்டு அது.

இப்படித்தான் நான் நினைத்தேன். ஆனால் பாட்டின் பூர்வீகத்தை விசாரிக்கப் போனேன் பாருங்கள், அங்கே பிடித்தது சனியன். கல்லிடைக்குறிச்சிப் படித்துறையில் எங்கள் ஊர்ப் பிள்ளைகளும் அதே மெட்டில் பாடினார்கள், ஆனால் ‘தண்ணீர்த் துறைப் படிக்குத் தாழ வா’ என்று. வருஷம் முழுக்க ஆறு ஓடுகிற ஊரில் தண்ணியில்லாக் காட்டை எங்கே போய்த் தேடுவது? மாட்டுவண்டி கட்டிக்கொண்டு திருச்செந்தூர் போனபோது அங்கேயும் கடற்கரை மணலில் பிள்ளைகள் பாடினார்கள். பக்கத்திலிருந்த ஒரு கடைக்கார அண்ணாச்சியிடம் கேட்டேன்.

“இது எங்க ஊருப் பாட்டுல்லா! சாமி கும்பிட வந்த உங்க ஊர்க்காரன்தான் வண்டியில தூக்கிப் போட்டுக் கொண்டு போயிருப்பான்” என்றார். அத்தோடு விட்டாரா? “வாத்தியாருக்கு வேற சோலியே இல்லையா வே?” என்று ஒரு போடு போட்டார்.

எந்த ஊரில் பிறந்தது என்று கடைசிவரை பிடிபடவில்லை. ஏன் சாகாமல் இருக்கிறது என்பது மட்டும் தெரிந்தது. ‘வாலைப் பிடிக்க மாட்டேன்’ என்று பாடிக்கொண்டே பிள்ளைகள் இரண்டு விரலை நீட்டிப் பையப் பைய நகர்வார்கள். அத்தனையும் பொய். பிடித்து நூல் கட்டுவதற்குத்தான் அந்தப் பாட்டே. ஐந்து வயதில் ஒருவன் சொல்லிப் பார்க்கிற முதல் கள்ளத்தனம் அது. அந்தச் சுகத்தை எந்தத் தலைமுறை விடும்?

பாட்டை அனுப்பிய அன்று மனைவியிடம் சொன்னேன். அவளுக்கு நம்பிக்கையே இல்லை.

“என் பாட்டா? அச்சடிச்சு வருமா?”

“வராம எங்க போகும்?”

“அப்ப எனக்கு எழுத்துச் சொல்லித் தாங்க. வந்ததும் நானே வாசிக்கணும்.”

எட்டு வருஷம் நான் கெஞ்சியும் “இனிமே படிச்சு என்னத்துக்கு?” என்று தட்டிக் கழித்தவள் அவள். எனக்குத் தலைகால் புரியவில்லை. அந்தப் பாட்டில் வருகிற எழுத்துகளை மட்டும் முதலில் படிப்பது என்று ஏற்பாடு. காலையில் அடுப்புச் சாம்பலைத் தரையில் பரப்பி ‘த’ போடுவாள். ‘ழ’ வராமல் இரண்டு வாரம் மல்லாடினாள். தினமும் நான் வீட்டுக்குள் நுழைந்ததும் கேள்வி ஒன்றுதான்: “புஸ்தகம் வந்துட்டா?”

ஆறேழு மாதம் கழித்து வந்தது. பள்ளிக்கூடத்தில் கட்டைப் பிரித்துப் பக்கத்தைத் தேடினேன். ‘பொற்கொல்லர்’ என்று தலைப்பு:

பொற்கொல்லரே பொற்கொல்லரே வாரும் வாரும்
பொன்னுருக்கும் நாட்டுக்கு வாரும் வாரும்
வேலை கெடுக்க மாட்டோம் வாரும் வாரும்
வளையல்களும் கொண்டு நீர் வாரும் வாரும்

தலையில் அடித்துக்கொண்டேன். மதராஸில் இருக்கிற ஏதோ ஒரு வித்துவானுக்குப் பூச்சி கண்ணில் படவில்லை, ஆசாரிதான் பட்டிருக்கிறார். ஒரு குலத்தாரைத் ‘தாழ வா’ என்று கூப்பிடுவதும், அவருக்கு வால் உண்டென்று சொல்வதும் பாலர் நூலுக்கு அழகல்லவாம். நான் எழுதிக் கேட்டதற்கு இப்படித்தான் பதில் வந்தது. அச்சாகிவிட்டபடியால் ஒன்றும் செய்வதற்கில்லையாம். அட மகாராசா, வளையலை எங்கிருந்து ஐயா கொண்டுவந்தீர்? என் பேரிலும் தப்புதான். மேலே ‘பூச்சி’ என்று ஒரு சொல் எழுதியிருந்தால் கை தேய்ந்தா போயிருக்கும்? இதைக்கூடவா விளக்க வேண்டும் என்ற திமிரில் விட்டேன்.

தலைமை ஆசிரியரிடம் முறையிட்டேன். மனிதர் மூக்குப்பொடியை உறிஞ்சிவிட்டுச் சொன்னார்: “புத்தகத்துல இருக்கதைச் சொல்லிக் குடும் வே. பூச்சியா ஆசாரியான்னு சோதனைக்கு வர்ற இன்ஸ்பெக்டர்கிட்டப் போய் வாதாடுவீராக்கும்?”

சொல்லிக் கொடுத்தேன். வகுப்பில் முதல் நாளே ஒருவன், “சார், இது தட்டான் பாட்டுல்லா? வாலைக் காணலையே?” என்றான். “புத்தகத்தைப் பார்த்துப் படிலே!” என்று அதட்டினேன். மணி அடித்ததும் அத்தனை பேரும் வாய்க்கால் கரைக்கு ஓடி, இரண்டு விரலை நீட்டிக்கொண்டு பழைய பாட்டையே பாடினார்கள். எனக்கு உள்ளூரச் சந்தோஷம்தான். ஆனால் இன்ஸ்பெக்டர் வருகிற தேதி நெருங்க நெருங்க அந்தச் சந்தோஷமும் போயிற்று. பொற்கொல்லர், பொற்கொல்லர் என்று தொண்டை கட்டும்வரை உருப்போட வைத்தேன்.

வீட்டில் புத்தகம் இன்னும் வரவில்லை என்று பொய் சொல்லியிருந்தேன். ஆனால் என் வகுப்பிலேயே படிக்கிற மகளின் வாயைக் கட்ட முடியுமா? இன்ஸ்பெக்டர் வருவதாக இருந்த அன்று காலை அவளுக்குத் தாயார் தலை பின்னிக்கொண்டே தட்டானைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். பிள்ளை வெடுக்கென்று தலையைத் திருப்பியது.

“யம்மா, தப்பாப் பாடுத. புஸ்தகத்துல அப்படி இல்ல.”

பையிலிருந்து புத்தகத்தை எடுத்து மடியில் விரித்தும் காட்டிவிட்டது. மனைவி விரலை வரிவரியாக ஓட்டினாள்.

“ஏளா, இதுல ‘த’ எங்க இருக்கு?” என்று கடைசியில் பிள்ளையிடம் கேட்டாள்.

“‘த’ கிடையாதும்மா. இது பொற்கொல்லர் பாட்டு. அப்பாதான் சொல்லிக் குடுத்தாங்க.”

அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். கோபமாக இருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். நான் என்ன சொல்லப் போகிறேன் என்று காத்திருந்தாள், அவ்வளவுதான். ‘உன் அம்மா பாடுவதுதான் சரி, புத்தகம்தான் தப்பு’ என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? நான் சொல்லவில்லை. சொன்னால் பிள்ளை நேரே போய் இன்ஸ்பெக்டர் முன்னால் தட்டானைக் கூப்பிட்டுவிடுமே என்று பயந்தேன். தூ, அதுவும் ஒரு பயமா!

“அப்பா சொல்லிக் குடுத்தா சரியாத்தான் இருக்கும்” என்று புத்தகத்தை மூடிப் பிள்ளையின் கையில் கொடுத்தாள். “எனக்குத்தான் தப்பாத் தெரிஞ்சிருக்கு. நேரமாச்சு, போங்க.”

முப்பது பிள்ளைகளையும் எண்ணெய் வழியும் தலையோடு வரிசையாக உட்கார வைத்துக்கொண்டு சாயங்காலம்வரை காத்திருந்தேன். இன்ஸ்பெக்டர் வரவில்லை. பக்கத்து ஊரான அம்பாசமுத்திரத்தோடு திரும்பிப் போய்விட்டாராம்.