யாரும் இறங்கக் கூடாது

தேவாரம் போகிற வழியில், மலையடிவாரத்தில் அந்தச் சின்ன ஒயின் ஆலை வந்தபோது, வேலையில் சேருவதற்கு முன்னால் பயிற்சி உண்டு என்றார்கள். நான் வேதியியல் படித்தவள். கல்யாணமாகி அனுமந்தன்பட்டிக்கு வந்த பிறகு அந்தப் படிப்பு, பன்னீர் திராட்சைக்கு அடிக்கிற மருந்து டப்பாவில் என்ன எழுதியிருக்கிறது என்று வாசித்துச் சொல்லத்தான் உதவியது. வீட்டுக்காரர் சரி என்றார். மாமியார் மட்டும், "சாராயக் கம்பெனிக்கா போற?" என்று ஒரு தடவை கேட்டார்.

பயிற்சி கொடுக்க நாசிக்கிலிருந்து ஒரு பெண் வந்திருந்தார். என்னைவிட வயதில் சின்னவர். சிரித்துப் பார்த்ததில்லை. தமிழ் தெரியாது. அவர் இங்கிலீஷில் சொல்லச் சொல்ல நான் தமிழில் சொல்ல வேண்டும் என்று மேனேஜர் ஏற்பாடு செய்தார். அதனால் எல்லாவற்றையும் நான் இரண்டு முறை கற்றுக்கொண்டேன். பழத்தின் இனிப்பை எப்படி அளப்பது, குழாய்களை எப்படிக் கழுவுவது, கண்ணாடிக் கோப்பையைச் சுழற்றி முகர்ந்து எதைத் தேடுவது. முகர்ந்து பார்க்கிற பாடத்தில் சிரித்துக்கொண்டே இருந்தோம். ராயப்பன்பட்டியிலிருந்து வந்த அக்கா ஒருத்தி, திராட்சை பேக்கிங் ஷெட்டில் பல வருஷம் பெட்டி தூக்கியவள், ஆள் வாட்டசாட்டமாக இருப்பாள். கோப்பைக்குள் மூக்கை விட்டுவிட்டு, "எனக்கு மாதா கோயில் பூசை ஞாபகந்தான் ஆத்தா வருது, வேற ஒண்ணும் தெரியல" என்றாள். அதை நான் மொழிபெயர்த்தபோது பயிற்சியாளர் தலையை மட்டும் ஆட்டினார்.

அதற்கு மறுநாள் எங்களை டேங்க் அறைக்குக் கூட்டிப்போனார். அங்கே ஆளுயரத்துக்கும் மேலே ஸ்டீல் டேங்குகள் வரிசையாக நின்றன. ஒன்றில் சோதனைக்காகப் போட்ட சாறு நொதித்து முடிந்து, ஒயினை வடித்து எடுத்திருந்தார்கள். பழத்தோல் மட்டும் அடியில் கிடந்தது. பயிற்சியாளர் ஒரு மெழுகுவத்தியைக் கொளுத்திக் கம்பியில் கட்டி, டேங்கின் மேல்வாய் வழியாக மெதுவாக உள்ளே விட்டார். ஏணியில் ஏறி ஒவ்வொருவராக எட்டிப் பார்த்தோம். ஒவ்வொருவருக்காகவும் மறுபடி கொளுத்தினார். ஒவ்வொரு தடவையும் ஒரே ஆழத்தில் அது அணைந்தது. உள்ளே காற்று அசையவில்லை, யாரும் ஊதவில்லை. கண்ணுக்குத் தெரியாத விரல்கள் திரியைக் கிள்ளியது மாதிரி இருந்தது.

சாறு நொதிக்கும்போது ஒரு வாயு வரும், அது காற்றைவிடக் கனமானது, தண்ணீர் மாதிரி பள்ளத்தில் போய்த் தங்கும், நிறம் கிடையாது என்று அவர் சொன்னார். மெழுகுவத்தியை நம்பக் கூடாது, இது உங்கள் கண் நம்புவதற்காகக் காட்டியது, வேலையில் வாயுவை அளக்கிற மீட்டரைத்தான் நம்ப வேண்டும் என்றார்.

"கெணத்துக்குள்ள வெசக்காத்துன்னு சொல்வாகளே, அதா ஆத்தா?" என்று அக்கா கேட்டாள்.

"அது மாதிரித்தான்க்கா."

எங்கள் பக்கத்தில் அந்தக் கதை தெரியாதவர்கள் கிடையாது. தூர் வாரப் பழைய கிணற்றில் ஒருவன் இறங்குவான், சத்தம் வராது. அவனைத் தூக்க அண்ணன் இறங்குவான். அப்புறம் அப்பா. ஊருக்கு ஊர் ஆட்கள்தான் மாறுவார்கள்.

நான் சொல்லி முடிக்கிறவரை பயிற்சியாளர் காத்திருந்தார். பிறகு சொன்னார்: யாராவது உள்ளே விழுந்தால், முகமூடி இல்லாமல் பின்னாலேயே யாரும் இறங்கக் கூடாது. இறங்கப் பார்க்கிறவரை மற்றவர்கள் பிடித்துக்கொள்ள வேண்டும். அடித்தாலும் கடித்தாலும் விடக் கூடாது.

நான் அதை அப்படியே தமிழில் சொன்னேன்.

"பெத்த புள்ள விழுந்தாலுமா?" என்றாள் அக்கா.

அதை நான் இங்கிலீஷில் கேட்டேன். பயிற்சியாளர் கம்பியிலிருந்து மெழுகுவத்தியைக் கழற்றிக்கொண்டே ஆமாம் என்று தலையை அசைத்தார். அதற்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

அன்று மதியம் ஒத்திகை நடந்தது. ஒருவர் தரையில் விழுந்து கிடக்க, ஒருவர் சொந்தக்காரர்போல ஓடிவர, இரண்டு பேர் பிடிக்க வேண்டும். ஒருவர் காற்று சிலிண்டரை முதுகில் மாட்டி, முகமூடியை இறுக்கி, அதன் குழாயை உள்ளங்கையால் அடைத்து உறிஞ்சிப் பார்க்க வேண்டும். ஓரத்தில் கொஞ்சம் கசிந்தாலும் மறுபடி மாட்ட வேண்டும். அக்கா தாயாக நடித்து மாரில் அடித்துக்கொண்டு அழுததில் எல்லோருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பயிற்சியாளர் மட்டும் சிரிக்கவில்லை. மறுபடி செய்யச் சொன்னார். மறுபடியும் செய்யச் சொன்னார். சிரிப்பு நிற்கிறவரை விடவில்லை.

அறுவடை தொடங்கும் முன்னே அவருடைய ஒப்பந்தம் முடிந்துவிட்டது. கிளம்புகிற அன்று என்னைத் தனியே கூப்பிட்டார். முகமூடி மாட்டிக்கொண்டு இறங்குவதற்கு ஆள் கிடைத்துவிடும், பிடித்து நிறுத்துவதற்குத்தான் ஆள் கிடைப்பதில்லை என்றார். உன்னால் முடியுமா என்று கேட்டார். முடியும் என்றேன். என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் காரில் ஏறினார்.

மாசியில் பழம் வரத் தொடங்கியது. கழுவுகிற வேலைக்கும் கூடை தூக்குகிற வேலைக்கும் காண்ட்ராக்டில் புது ஆட்கள் வந்தார்கள். அவர்களுக்குப் பயிற்சி கொடுப்பது என் பொறுப்பாயிற்று. "ஒரு காலையில முடிச்சிருங்கம்மா" என்றார் மேனேஜர். அந்தக் கூட்டத்தில் ஒரு இளம் ஜோடி இருந்தது. புருஷன் லோடு ஆட்டோ ஓட்டிக்கொண்டிருந்தவன். மெலிந்த ஆள், அதிகம் பேச மாட்டான். அவள் அவனுக்கும் சேர்த்துப் பேசுவாள். நான் விஷக்காற்றைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தபோது அவள் அவன் விலாவில் முழங்கையால் இடித்து ஏதோ சொல்ல, அவன் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். பேச்சு முடிந்து ஒத்திகைக்கு எழுந்தபோது, பழ லாரி வந்து நிற்கிறது, எல்லோரும் வாருங்கள் என்று ஆள் வந்தது. ஒத்திகையைச் சாயங்காலம் வைத்துக்கொள்ளலாம் என்றார் மேனேஜர். சாயங்காலம் அடுத்த லாரி வந்தது.

அந்த வருஷம் பங்குனியில் காற்றே இல்லை. எந்நேரமும் காற்று வீசுகிற பள்ளத்தாக்கில் ஒரு தென்னை ஓலைகூட ஆடவில்லை. எல்லா டேங்குகளும் ஒரே சமயத்தில் பொங்கிக்கொண்டிருந்தன. அறைக்குள் போனால், மூடிய பாத்திரத்தில் ஏதோ கொதிக்கிற மாதிரி மெல்லிய சத்தம் சுற்றிலும் கேட்டுக்கொண்டே இருக்கும்.

டேங்குகளுக்கு நடுவே, தரையில் ஒரு பள்ளம் வெட்டி அதற்குள் பம்பை வைத்திருந்தார்கள். ஆள் நின்றால் தலை மட்டும் தெரியும். அதில் ஒரு நாள் காலை இரண்டு தவளைகள் செத்துக் கிடந்தன. இன்னொரு நாள் ஒரு பல்லி. பம்பைச் சுற்றி ஈக்கள் கடுகு சிந்தியதுபோலக் கிடந்தன. அக்காதான் முதலில் பார்த்தாள். "இங்கன வந்து பாரு. அதுகளுக்கு யாரு பாடம் நடத்துறது?" என்றாள். நான் மேனேஜரிடம் சொன்னேன். பள்ளத்தைச் சுற்றிச் சங்கிலி கட்டி, சிவப்பு எழுத்தில் பலகை தொங்கவிட்டார்கள். எக்ஸாஸ்ட் ஃபேனை எந்நேரமும் ஓடவிட்டார்கள். மீட்டரை நான் காலையிலும் மதியத்திலும் கயிற்றில் கட்டி உள்ளே இறக்கிப் பார்ப்பேன். சில சமயம் அது கத்தும், சில சமயம் கத்தாது. கத்தாத நாட்களில்தான் எனக்கு அதிகமாகப் பயமாக இருந்தது.

அன்று மதியம் கரண்ட் போனது. ஜெனரேட்டர் ஓடி டேங்குகளைக் குளிர்விக்கிற இயந்திரம் திரும்ப வேலை செய்தது. ஃபேன் ஜெனரேட்டர் லைனில் இல்லை. ஷட்டரைத் திறந்துவிட நான் வாசலுக்குப் போனேன். முதுகுக்குப் பின்னால் பிளாஸ்டிக் வாளி உருளுகிற சத்தம் கேட்டது. திரும்பியபோது அந்த இளம் ஜோடியில் இருந்த பெண் சங்கிலிக்குக் கீழே குனிந்து நுழைந்துகொண்டிருந்தாள்.

"ஏ ஆத்தா, அங்கன போகாத!"

"வாளிதாங்க்கா, எடுத்துட்டு வந்துர்றேன்" என்றாள். பள்ளத்துக்குள் இறங்குகிற படியில் கால் வைத்தாள், குனிந்தாள், அப்படியே உட்கார்ந்தாள். கூப்பிட்டால் எழுந்துவிடுவாள் என்பது போலத்தான் இருந்தது. பிறகு தலை மெதுவாகப் படிமேல் சாய்ந்தது.

புருஷன் எதிர்ப் பக்கம் தரையைக் கழுவிக்கொண்டிருந்தான். ஹோஸைப் போட்டுவிட்டு ஓடிவந்தான். நான் அவன் இடுப்பைக் கட்டிப் பிடித்தேன். மெலிந்தவன்தான், ஆனாலும் என்னையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போனான். அக்கா எங்கிருந்து வந்தாளோ, பின்னாலிருந்து அவன் கழுத்தோடு பிடித்து இழுத்தாள். மூன்று பேரும் ஈரத் தரையில் விழுந்தோம்.

"விடுங்கக்கா! எம் பொண்டாட்டி கெடக்கா! கண்ணுக்கு முன்னாடி கெடக்கா!"

"ஏலே, போனா நீயும் செத்துருவலே!" அக்கா அவன் முதுகில் ஏறி உட்கார்ந்தேவிட்டாள். "சேசுவே, மாதாவே" என்று முணுமுணுத்துக்கொண்டு அவன் கைகளை முறுக்கிப் பிடித்தாள். அவன் அவள் கையைக் கடித்தான். அவள் விடவில்லை.

மேனேஜர் ஸ்டோரிலிருந்து சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தார். நான் முதுகில் மாட்டினேன். வார்களை இழுத்தேன். முகமூடியை வைத்து, உள்ளங்கையால் குழாயை அடைத்து உறிஞ்சினேன். கன்னத்தோரம் காற்று கசிந்தது. கழற்றினேன். முடியை ஒதுக்கிவிட்டு மறுபடி மாட்டினேன். உறிஞ்சினேன். இவ்வளவு நேரமும் அவன் தரையில் கன்னம் பதிய, என்னையே பார்த்துக்கொண்டு கிடந்தான். அப்போது கத்துவதை நிறுத்தியிருந்தான். அந்தக் கண்ணில் நான் எப்படித் தெரிந்திருப்பேன் என்று எனக்குத் தெரியும். பெண்டாட்டி செத்துக்கொண்டிருக்கிறாள், இவள் தலைமுடியைச் சரிசெய்துகொண்டிருக்கிறாள்.

இறங்கினேன். அக்குளில் கயிற்றைப் போட்டுக் கட்டினேன். மேலே இழுத்தார்கள். வாசலுக்கு வெளியே வெயிலில் போட்டுக் கன்னத்தில் தட்டினார்கள், மூச்சு ஊதினார்கள். ஒரு இருமல் வந்தது.

தலை படியில் சாய்ந்திருந்ததால் பிழைத்தாள் என்று தேனி ஆஸ்பத்திரியில் டாக்டர் சொன்னார். பள்ளத்தின் அடியில் கிடந்திருந்தால் கொண்டுவந்து பயனில்லையாம். சில நாள் கழித்து வீட்டுக்கு அனுப்பினார்கள்.

ஆலையில் கூட்டம் கூட்டி மேனேஜர் என்னையும் அக்காவையும் பாராட்டினார். எல்லோரும் கைதட்டினார்கள். அவன் கடைசி வரிசையில் நின்றான். கைகள் பாக்கெட்டுக்குள் இருந்தன.

ஊரில் வேறு மாதிரிப் பேச்சு ஓடியது. கடையில் கேட்டதை மாமியார் வந்து சொன்னார். "அந்தப் புள்ள விழுந்து கெடக்கையில நீ நின்னு வேடிக்க பாத்தியாம். புருசனையும் விடலையாம். அப்புடியா சொல்லிக் குடுத்தாக ஒங்களுக்கு?" ஆமாம், அப்படித்தான் சொல்லிக்கொடுத்தார்கள் என்றேன். அவர் அன்று என்னோடு சாப்பிட உட்காரவில்லை.

அந்தப் பெண்ணைப் பார்க்கப் போனேன். பேச்சு குறைந்திருந்தது. டம்ளரைப் பிடிக்கிற கை லேசாக நடுங்கியது. சில வார்த்தைகள் நடுவில் மறந்துபோய்த் தேடினாள். வாளி விழுந்தது வரைதான் ஞாபகம் இருக்கிறதாம்.

"அக்கா, எங்க வீட்டுக்காரரு எறங்கப் பாத்தாகளா?"

"பாத்தாரு. நாங்கதான் விடல."

அவள் சிரித்தாள். பிறகு வாசல் பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "இப்பெல்லாம் ஒண்ணுமே பேச மாட்டேங்குறாக. சொவத்தப் பாத்து ஒக்காந்திருக்காக. எனக்குத்தான் பயமா இருக்கு."

அவள் வேலைக்குத் திரும்பவில்லை. அவன் திரும்பினான். ஒரு நாள்கூட லீவு போடவில்லை. ஃபேனை ஜெனரேட்டர் லைனில் சேர்த்தார்கள். பள்ளத்துக்கு இரும்புக் கம்பி மூடி போட்டுப் பூட்டினார்கள். புது ஆட்களுக்கு ஒத்திகை கட்டாயமானது. நான் நடத்துகிற ஒவ்வொரு ஒத்திகைக்கும் அவன் வந்தான். பிடிக்கிற ஆளாக மட்டும் நிற்பான். அவன் பிடித்தால் யாராலும் திமிற முடியாது.

அடுத்த வருஷம் பழம் வருவதற்குக் கொஞ்சம் முன்னால், மகள் பிரசவத்துக்கென்று போன அக்கா அங்கேயே தங்கிவிட்டாள். காலியான டேங்குக்குள் நான் இறங்கும்போது மேலே கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றவள் அவள்தான். அந்த இடத்துக்கு அவனைப் போட்டிருப்பதாக மேனேஜர் சொன்னார்.

"வேற ஆளு இல்லையா சார்?"

"அவரே வந்து கேட்டாரும்மா. ஒங்க கூடத்தான் நிப்பேன்னாரு."

டேங்க் அறையில் அவன் கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்தான். நேராகவே கேட்டேன். "எதுக்குத் தம்பி எங்கூடன்னு கேட்ட?"

அந்த மதியத்துக்குப் பிறகு அவன் என்னோடு பேசியது அதுதான் முதல் தடவை.

"வேற யாரும் உள்ள விழுந்தா நான் குதிச்சாலும் குதிச்சிருவேங்க்கா. என்னால அடக்க முடியாது." கயிற்றிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னான். "நீங்க விழுந்தா குதிக்க மாட்டேன். அதான் கேட்டேன்."

பாடப்படி அது சரியான பதில். பயிற்சியாளர் இருந்திருந்தால் தலையசைத்திருப்பார். அவன் குரலில் கோபம் இல்லை, வேறெதுவும் இருந்த மாதிரியும் இல்லை. அவன் முகத்தில் ஏதாவது தெரிகிறதா என்று பார்த்தேன். இடுப்புக் கயிற்றை வாங்கி, என் முடிச்சை இழுத்துப் பார்த்துச் சரியாக இருக்கிறது என்றான்.

மீட்டரை உள்ளே விட்டுப் பார்த்தேன். கத்தவில்லை. மறுபடி விட்டுப் பார்த்தேன். பிறகு ஏணியில் இறங்கி, அடியில் கிடந்த தோலை வாளியில் அள்ளத் தொடங்கினேன். நிமிர்ந்த போதெல்லாம் மேல்வாயின் வெளிச்ச வட்டத்தில் அவன் முகம் இருந்தது. கண்ணை எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தான்.

இந்தப் பருவத்திலும் என் கயிற்றைப் பிடிப்பவன் அவன்தான்.