அக்காவுக்காகத் திறந்த போர்ட்

என் நிச்சயதார்த்தத்தன்று மாப்பிள்ளையிடம் நான் முதன்முதலாகப் பேசியது, "டைம் சொல்லாதீங்க!" என்பதுதான். பேசினேன் என்பதைவிட எரிந்து விழுந்தேன் என்பதே சரி. அதற்கு முழுக் காரணம் என் அப்பா.

அல்சூரில் எங்கள் வீடு. அப்பா மாநில அரசு வேலையிலிருந்து ஓய்வு பெற்றிருந்தார். நான் தொம்மலூரில் ஒரு கம்பெனியில் நெட்வொர்க் வேலை பார்த்தேன். அக்கா அமெரிக்காவில். அவளுக்கு அப்போது ஏழாம் மாதம். கட்டிலை விட்டு இறங்கவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டதால், டிக்கெட் வாங்கியும் வர முடியவில்லை. ஒரு வாரம் போனில் அழுதாள். பிறகு அழுகையை நிறுத்திவிட்டு உத்தரவு போட்டாள்.

"போட்டோ அனுப்பறேன், சிடி அனுப்பறேன்னு கதை விடாத. நீங்க தட்டு மாத்தறப்போ நான் பாக்கணும். அந்த நிமிஷமே பாக்கணும்."

வீடுகளுக்கு பிராட்பேண்ட் வர ஆரம்பித்திருந்த காலம். கம்ப்யூட்டரின் தயவில்லாமல் தானே நெட்டில் படம் அனுப்பும் கேமரா ஒன்றை ஆபீஸ் தோழியிடம் கெஞ்சி வாங்கி வந்து, ஹாலில் புத்தக அலமாரி மேல் வைத்தேன். ஆனால் வெளியிலிருந்து யார் வந்தாலும் ரவுட்டர் உள்ளே விடாது. அடுக்குமாடி வாசலில் நிற்கும் வாட்ச்மேன் மாதிரிதான் அது. 'எட்டாயிரம் என்று கேட்டு வருபவரை ஹால் கேமராவிடம் அனுப்பு' என்று அதற்குச் சொல்லிவைக்க வேண்டும். அந்த எண்தான் போர்ட். கேமராவும் அதே எண்ணில் காத்திருக்க வேண்டும்.

சனிக்கிழமையே எல்லாம் போட்டுச் சரிபார்த்துவிட்டேன். அக்கா அங்கிருந்து ஹாலைப் பார்த்து, "அந்த நாற்காலி மேல அழுக்குத் துண்டு கெடக்குது, எடுங்க" என்று அம்மாவை அதட்டினாள். எனக்குத் தலைகால் புரியவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

ஞாயிற்றுக்கிழமை மாலை நாலரைக்கு ராகுகாலம். அதற்குள் தட்டு மாற்றியாக வேண்டும். மாப்பிள்ளை வீட்டார் மூன்றரைக்கே பிரேசர் டவுனிலிருந்து வந்துவிட்டார்கள். கூப்பிடும்வரை வெளியே தலைகாட்டக் கூடாதென்று பட்டுப் புடவையோடு என்னை உள் அறையில் உட்கார வைத்திருந்தார்கள். நாலேகாலுக்கு அக்காவின் போன். அப்பா ஸ்பீக்கரில் போட்டார்.

"ஒண்ணும் வரலப்பா. ஓபன் ஆகலன்னே வருது."

"இங்க நல்லா வருதேம்மா! எல்லாரும் தெரியறோம்," என்றார் அப்பா, ஹால் மூலையில் இருந்த எங்கள் கம்ப்யூட்டரைப் பார்த்தபடி.

உள்ளே எனக்கு எல்லாம் கேட்டது. எழுந்து கதவைத் திறந்தேன். "இன்னும் கூப்பிடலடி!" என்று அம்மா கையைப் பிடித்தாள். உதறிவிட்டு, மல்லிகையும் வளையலுமாக ஹாலைக் கடந்து, கம்ப்யூட்டர் முன்னால் முட்டி போட்டேன். மாப்பிள்ளையின் அம்மா வாய்க்குக் கொண்டுபோன பஜ்ஜியை அப்படியே நிறுத்திவிட்டுப் பார்த்தார்.

ரவுட்டரில் எட்டாயிரம் சரியாகவே இருந்தது. திரையில் கேமராவின் முகவரியைப் பார்த்தேன். அதில் எண் ஒன்பதாயிரம் என்றிருந்தது.

"இத யாரு மாத்தினது?"

அப்பா திருதிருவென்று விழித்தார். "நல்ல காரியம் பாரு... எட்டு சனியோட நம்பர். காலையில குளிச்சிட்டு வந்து நான்தான் ஒம்போதா மாத்தினேன். மாத்தினப்புறமும் படம் வந்துதே."

கூட்டினால் ஒன்பது வரும் நம்பருக்காக ஸ்கூட்டரை நான்கு மாதம் ரிஜிஸ்டர் செய்யாமல் வைத்திருந்தவர் அவர். கேமராவை மட்டும் புது எண்ணுக்குக் குடியேற்றிவிட்டு, வாட்ச்மேனிடம் சொல்லவில்லை. வீட்டுக்குள் இருப்பவர்களுக்கு வாட்ச்மேன் தேவையில்லை, அதனால் இங்கே படம் வந்தது. அக்கா மட்டும் ஆளில்லாத கதவைத் தட்டிக்கொண்டிருந்தாள்.

சண்டை போட நேரமில்லை. ஒன்பதாயிரமே இருக்கட்டும் என்று ரவுட்டரில் திருத்த ஆரம்பித்தேன். வளையல் கீபோர்டில் இடித்தது. பக்கத்தில் யாரோ நாற்காலி கொண்டுவந்து போட்டு, "நாலு இருபத்தஞ்சு" என்றார் உதவியாக. நான் எரிந்து விழுந்தது அப்போதுதான். திரும்பிப் பார்த்தால் மாப்பிள்ளை. அவர் வாட்சைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. இந்த ஆளோடு காலம் தள்ளிவிடலாம் என்று தோன்றிவிட்டது.

திருத்தியதைச் சேமித்தேன். ரவுட்டர் அணைந்து மறுபடி உயிர்பெற வேண்டும். அதன் விளக்குகள் ஒவ்வொன்றாக மெல்லக் கண் திறந்தன. புரோகிதர் எழுந்து நின்று, "ஆயித்தா சார்? டைம் ஆகோகுத்தே," என்று நேரமாவதைக் கன்னடத்தில் சொல்லி அவசரப்படுத்தினார். அப்பா தட்டைக் கையில் எடுத்துவிட்டார். கடிகாரத்தில் நாலு இருபத்தொன்பது.

ஸ்பீக்கரில் அக்காவின் குரல் கம்மிப்போய் வந்தது. "பரவால்லப்பா. நேரம் போயிடும். நீங்க மாத்திடுங்க. நான் சிடில பாத்துக்கறேன்."

அப்பா கடிகாரத்தைப் பார்த்தார், போனைப் பார்த்தார். ராகுகாலத்தில் பால் வாங்கக்கூட வாசல் தாண்டாதவர்.

"நீ பாக்காம இங்க ஒண்ணும் நடக்காதும்மா," என்றார்.

மாப்பிள்ளையின் அம்மா எல்லோரையும் ஒருமுறை பார்த்தார். "அதுக்கென்ன, பெரிய பொண்ணு பாக்கட்டும். நாங்க எங்கயும் ஓடிடல," என்று சொல்லி, நிறுத்தி வைத்திருந்த பஜ்ஜியைக் கடித்தார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. ரவுட்டரின் கடைசி விளக்கும் எரிந்ததும் போனில் புது எண்ணைச் சொன்னேன். அக்கா கீபோர்டைத் தட்டுவது கேட்டது.

"வருது... வருதுடி! தெரியுது! ஐயோ, எல்லாரும் இருக்கீங்க!" என்று கத்தினாள். அங்கே அவள் அழுவது கேட்டு இங்கே அம்மா அழ, புரோகிதர் பஞ்சாங்கத்தை மூடிவிட்டுத் தானும் உட்கார்ந்துகொண்டார்.

மாப்பிள்ளையின் அப்பா தட்டை வாங்கக் கைநீட்டி நின்றார். என் அப்பாவோ அவருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, அலமாரி மேலிருந்த கேமராவை நோக்கித் தட்டை உயர்த்திப் பிடித்தபடி, "தெரியுதாம்மா? தேங்கா தெரியுதா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருந்தார்.