மூன்றாம் நாள் பால்

இயேசு செத்தாரா, சாகவில்லையா என்பது ஏழு வயதில் எனக்குத் தலைபோகிற பிரச்சினையாக இருந்தது. மாரியம்மனுக்கு மாவிளக்கு எடுக்கிற குடும்பத்தில் பிறந்தவளுக்கு இதில் என்ன வேலை என்று கேட்பீர்கள். வேலை இருந்தது. என் தம்பி திரும்பி வருவதும் வராததும் அதில்தான் இருந்தது.

தேவாலாவுக்குப் பக்கத்தில் ஒரு தேயிலை எஸ்டேட்டில் அப்பா கிளார்க். ஆடி மழையில் காய்ச்சல் கண்டு, மூன்று மாதத் தம்பி இரண்டே நாளில் போய்விட்டான். எங்களில் பச்சைக் குழந்தையை எரிக்கமாட்டார்கள். தேயிலைக் காட்டைத் தாண்டி ஒரு சில்வர் ஓக் மரத்தடியில் குழி தோண்டிப் புதைத்தார்கள். சாமிகிட்ட போயிட்டான் என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். நான் ஜன்னலில் ஏறி நின்று பார்த்தவள். மாமா கையில் மண்வெட்டி இருந்தது எனக்குத் தெரியும்.

அம்மா சுவரைப் பார்த்துப் படுத்தவள் எழுந்திருக்கவில்லை. மறுநாள் எனக்குச் சோறு ஊட்டியது இடப்பக்கத்து வீட்டு நர்ஸ் அக்கா. எஸ்டேட் டிஸ்பென்சரியில் ஊசி போடுகிறவர், ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவர். மண்ணுக்குள்ள வெச்சவங்க வெளிய வர முடியுமாக்கா என்று கேட்டேன்.

"ஏசப்பா கடவுளோட மகன், கண்ணு. நம்ம பாவத்துக்காகச் சிலுவையில செத்தாரு. அவரையும் கல்லறையிலதான் வெச்சாங்க. மூணாம் நாள் உசுரோட எந்திரிச்சு வந்தாருல்ல? அவரு மறுபடி வர்றப்போ செத்தவங்களையும் எழுப்புவாரு."

மூணாம் நாள் என்றதற்கு அப்புறம் எதுவும் என் காதில் ஏறவில்லை. ஓடிப்போய் அம்மா காதோரம் குனிந்து, "நாளைக்குத் தம்பி வந்துருவான்மா, அழுவாத" என்றேன். அம்மா திரும்பி என்னையே பார்த்தாள். திட்டவில்லை.

அந்த நல்ல சேதியை வலப்பக்கத்து வீட்டு இத்தாவுக்கும் சொல்லிவிடலாம் என்று போனதுதான் தப்பு. அவர் வீட்டுக்காரர் எஸ்டேட்டில் மளிகைக் கடை வைத்திருந்தார். மலப்புறம் பக்கத்து முஸ்லிம்கள்; அக்காவை இத்தா என்பார்கள். முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்த இத்தா, முறத்தைக் கீழே வைத்துவிட்டு என்னை இழுத்து உட்கார வைத்தார்.

"அல்லாஹ் ஒருத்தன்தான் மோளே, அவனுக்கு மகன் கிடையாது. அக்கா சொன்ன ஏசுதான் எங்க ஈசா நபி, அவரை யாரும் கொல்லலை. அல்லாஹ் அவரை மேல எடுத்துக்கிட்டான். கியாமத்துன்னு ஒரு கடைசி நாள் வரும், அன்னிக்கு எல்லாரையும் எழுப்புவான். அதுவரைக்கும் உன் தம்பி சொர்க்கத்துல இப்ராஹீம் நபிகிட்ட பத்திரமா இருக்கும்."

அவர் சாகவே இல்லையென்றால் மூணாம் நாள் எழுந்தது எப்படி? அவரே எழவில்லையென்றால் என் தம்பி எழுவது எங்கே? சரி, அந்தக் கியாமத்து நாள் என்றைக்கு என்றேன். அது அல்லாஹ்வுக்கு மட்டும்தான் தெரியும் என்றார். இதென்ன பதில்! கூடலூர் பஸ்ஸுக்கே ஒரு நேரம் உண்டு.

திரும்ப அக்காவிடம் ஓடி, இத்தா சொன்னதைப் போட்டுக்கொடுத்தேன். "அது அவங்க நம்பிக்கை கண்ணு, இது எங்க நம்பிக்கை" என்றார். ரெண்டுல எது நிசம் என்றேன். அவர் என் தலையை அவிழ்த்துப் பின்ன ஆரம்பித்துவிட்டார்.

அன்று சாயங்காலம் இரண்டு பேரும் எங்கள் அடுப்படியில் அம்மாவுக்குக் கஞ்சி வைத்தார்கள். ஒருவர் வெங்காயம் உரிக்க, ஒருவர் விறகை ஊதினார். எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சமல்ல. ஒருத்தர் செத்தாரா இல்லையா என்பதைத் தீர்த்துக்கொள்ளாமல் எப்படி இவர்களால் வெங்காயம் உரிக்க முடிகிறது?

மூன்றாம் நாள் காலை அப்பா செம்பு நிறையப் பால் எடுத்துக்கொண்டு கிளம்பினார். "பச்சக் கொழந்தைக்குப் பால் ஊத்தற வழக்கமெல்லாம் இல்லீங்க மாப்ள" என்று மாமா தடுத்தும் கேட்கவில்லை. எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. மூணாம் நாள், கையில் பால். அக்கா சொன்னதுதான் நிசம்! குளிருமே என்று தம்பியின் மஞ்சள் ஸ்வெட்டரை எடுத்து மடியில் சுருட்டிக்கொண்டு பின்னாலேயே ஓடினேன்.

மரத்தடியில் அப்பா பாலை மண்மேல் ஊற்றத் தொடங்கினார். மழைத்தண்ணீரோடு வெள்ளையாக ஓடியது.

"ஐயோ, பூராத்தையும் ஊத்தாதீங்கப்பா! அவன் எந்திரிச்சா என்னத்தக் குடிப்பான்?"

அப்பாவின் கை நின்றுவிட்டது. கூடவே வந்திருந்த மாமா முகத்தைத் திருப்பிக்கொண்டார். செம்பில் அடியில் கொஞ்சம் மிச்சமிருந்தது. அப்பா அதை ஊற்றவில்லை. அப்பாவும் நானும் நனைந்தபடி நின்றோம், மாமா வந்து எங்கள் இருவர் கையையும் பிடித்து இழுக்கிறவரை. மிச்சப் பாலோடுதான் அப்பா வீடு திரும்பினார்.

"வரலம்மா" என்றேன் அம்மாவிடம். "இத்தா சொன்னதுதான் சரியாட்ட இருக்குது. கடைசி நாள்லதான் எல்லாரையும் எழுப்புவாங்களாம்."

அம்மா அந்த ஸ்வெட்டரை வாங்கிக்கொண்டு, என் கையைப் பிடித்தாள்.

"அன்னிக்கு எத்தன சனம் எந்திரிக்கும்... மூணு மாசந்தான் என்னப் பாத்தான். அம்மா இவதான்னு அவனுக்கு அடையாளம் தெரியுமாமா? கேட்டியா கண்ணு?"

எனக்கு எரிச்சலாகிவிட்டது. இரண்டு நாளாக அலைந்து இவ்வளவு விசாரித்திருக்கிறேன், கேட்காத ஒன்றைப் பார்த்துக் கேட்கிறாளே என்று. "அதெல்லாம் கேக்கல. வேணும்னா நீயே போயிக் கேட்டுக்க" என்று கையை உதறிவிட்டுப் போனேன்.

மறுநாள் காலை அம்மா எழுந்தாள். கொட்டுகிற மழையில் இத்தா வீட்டுப் படியில் நின்று ஏதோ பேசிக்கொண்டிருந்தாள். அப்புறம் அங்கிருந்து நேரே அக்கா வீட்டுப் படிக்குப் போய் நின்றாள். அரிசியோ தேங்காயோ கைமாத்தாகக் கேட்கப் போயிருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன். அவள் கையில் பாத்திரம் ஒன்றும் இல்லை. அந்த மஞ்சள் ஸ்வெட்டர்தான் இருந்தது.