ஓவியம் பார்க்கப் போன ஐந்து பேர்

ரங்கூன் நகரத்து லத்தாவில் ஒரு சந்துக்குள் நான் படங்களுக்குச் சட்டம் போடும் கடை வைத்திருக்கிறேன். புத்தர் படம், மக்கா படம், பட்டம் வாங்கிய பிள்ளைகளின் படம் எல்லாம் என் ஒரே மேசைக்குத்தான் வரும். கணவர் மவுத்தான பிறகு கடையை நானே பார்க்கிறேன். ஒருநாள் மத்தியானம் ஒருவர் ஒரு பழைய இத்தாலிய ஓவியத்தின் அச்சுப் படத்தைச் சுருட்டி எடுத்துக்கொண்டு வந்தார். பர்மியர், நாற்பது வயதிருக்கும். வெள்ளைச் சட்டை, இடுப்பில் மடிப்புக் கலையாத லோஞ்சி, தணிந்த குரல். பயண அலுவலகம் ஒன்றில் வெளிநாட்டுக் குழுக்களை அழைத்துப்போகிறவர் என்று சொன்னார். படத்தை மேசையில் விரித்து நான் கொஞ்சம் அதிக நேரம் பார்த்துவிட்டேன் போலிருக்கிறது.

"அசலைப் பார்க்க ஆசையா, அமா?" என்று கேட்டார். பர்மிய மொழியில் அமா என்றால் அக்கா.

முப்பது வருஷமாக நகல்களுக்குச் சட்டம் போடுகிறவள் நான். ஆசைதான் என்றேன்.

அப்படித்தான் அந்தப் பயணத்தில் சேர்ந்தேன். எட்டு நாள். ஃப்ளாரன்ஸ் நகரத்தில் மறுமலர்ச்சிக் கால ஓவியங்கள் உள்ள மூன்று காட்சியகங்கள். சின்னக் குழு: ஓய்வுபெற்ற டாக்டர் ஒருவரும் அவர் மனைவியும், ரங்கூனுக்கு அக்கரையில் தன்லியினில் பள்ளிக்கூடத்தில் ஓவியம் சொல்லிக்கொடுக்கும் டீச்சர் ஒருத்தி, நான், தலைவராக அவர்.

விசாவுக்கு எழுதிக் கொடுப்பதற்கு முன்னால் எங்களை ஒவ்வொருவராகத் தனியறைக்குள் கூப்பிட்டுக் கேட்டார். இந்தக் காலத்தில் ரங்கூனிலிருந்து யார் கிளம்பினாலும் திரும்பி வருவார்களா என்றுதான் எல்லாருக்கும் முதல் சந்தேகம். குழுவில் ஒருவர் அங்கேயே நின்றுவிட்டால் அதற்குப் பிறகு அந்த அலுவலகத்துக்கு விசா கிடைப்பது கஷ்டம்.

"அந்தப் பக்கத்தில் உங்களுக்குச் சொந்தக்காரர் யாராவது உண்டா?"

"யாருமில்லை" என்றேன். பொய். மிலானில் என் பெரியம்மா மகன் பதினைந்து வருஷமாக ஒரு ஹோட்டல் சமையலறையில் இருக்கிறான். சொன்னால் சேர்க்க மாட்டார்கள் என்று பயம்.

அவர் என்னை நம்பவில்லை. அடுத்த பத்து நாளில் இரண்டு தடவை சொல்லாமல் கடைக்கு வந்தார். அலமாரியைப் பார்த்தார். புதிதாக இறக்கிய மரச்சட்டக் கட்டுகளைப் பார்த்தார்.

"கடையை யாருக்காவது கொடுக்கப் போகிறீர்களா, அமா?"

"கொடுக்கிறவள் எதற்குப் புதுச் சரக்கு இறக்குவாள்?" என்றேன். சிரித்தார். கண் மட்டும் கட்டுகளை விட்டு நகரவில்லை.

மிங்கலாடோன் விமான நிலையத்தில் குடியேற்றச் சோதனை முடிந்ததும் எங்கள் பாஸ்போர்ட்டுகளையெல்லாம் வாங்கித் தன் தோள்பைக்குள் வைத்துக்கொண்டார். தொலைந்துபோகாமல் இருக்க, கேட்கிற இடத்தில் நானே எடுத்துக் கொடுக்கிறேன் என்றார். டாக்டருக்கு முகம் சுருங்கியது. ஆனால் எல்லாரும் கொடுத்துவிட்டோம். நாமாக எதிர்த்தால் நம்மேல் சந்தேகம் வரும் என்று ஒவ்வொருவரும் நினைத்திருப்போம்.

ஹோட்டலில் டீச்சரையும் என்னையும் ஒரே அறையில் போட்டார்கள். அவளுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். அப்பா தமிழர், அம்மா பர்மியர். தமிழ் விளங்கும், எழுத்து தெரியாது. பேசும்போது வார்த்தை தேடித் தேடிப் பேசுவாள். மறுநாள் விடியுமுன் சுபுஹுத் தொழுகைக்கு எழுந்தேன். இருட்டிலேயே முகம் கைகால் கழுவி ஒலு செய்துவிட்டு வந்து பார்த்தால், அவள் போர்வைக்குள்ளிருந்து கண்ணைத் திறந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். தொழுது முடிக்கும்வரை பார்த்தாள். அதற்கடுத்த நாளும் அப்படியே.

நான் கீழே தேநீர் குடிக்கப் போனால் அவளும் செருப்பை மாட்டிக்கொண்டு பின்னால் வந்தாள். "எனக்கும் லபெயே வேணும் அக்கா" என்பாள். கொண்டுவந்தால் இரண்டு மிடறு குடித்துவிட்டு வைத்துவிடுவாள். இவளை எனக்குக் காவல் போட்டிருக்கிறார்கள் என்று தோன்றிவிட்டது. அல்லது இவளே ஓடப் பார்க்கிறாள், நான் தூங்குகிற நேரத்தைக் கணக்குப் பார்க்கிறாள். இரண்டில் எது என்று தெரியாமல் நானும் அவளைக் கவனிக்க ஆரம்பித்தேன்.

முதல் காட்சியகம் ஆற்றங்கரையில் இருந்தது. அந்த ஊர் வழிகாட்டி ஒரு பெண். அவள் ஆங்கிலத்தில் சொல்வதை எங்கள் தலைவர் சின்ன ஒலிவாங்கியில் பர்மிய மொழியில் சொல்வார். எங்கள் காதில் மாட்டியிருந்த கருவியில் அது கேட்கும். அவர் தள்ளிப் போனால் குரல் கரகரக்கும், கிட்டே வந்தால் தெளியும். அதனால் ஆளைப் பார்க்காமலே அவர் எவ்வளவு தூரத்தில் இருக்கிறார் என்று தெரிந்துவிடும்.

தங்கப் பின்னணியில் ஒரு பெரிய ஓவியம். வானவர் ஜிப்ரீல் மர்யமிடம் வந்து, பிள்ளை பிறக்கும் என்று செய்தி சொல்கிற இடம். குர்ஆனிலும் உள்ள, எங்களுக்குத் தெரிந்த கதைதான். ஆனால் அந்த மர்யம் உடம்பைத் திருப்பி, போர்வையைக் கழுத்தோடு இழுத்துப் பிடித்து, வந்தவரை ஓரக்கண்ணால் பார்க்கிறாள். யார் நீ, எதற்கு வந்தாய் என்று கேட்கிற முகம். கிட்டே போய்ச் சட்டத்தின் மூலைகளைப் பார்த்தேன். அறுநூறு எழுநூறு வருஷத்து மரம். இணைப்பில் ஒரு நூல் இடைவெளி கிடையாது. எட்டு நாளில் சந்தேகமில்லாமல் நான் நின்ற நேரம் அது ஒன்றுதான்.

அன்று மாலை அறையில் என் போனை அழுத்தியபோது மிலானிலிருந்து பெரியம்மா மகன் அனுப்பியிருந்த குரல் செய்தி சத்தமாக ஒலித்துவிட்டது. "எந்த ட்ரெயின்ல வர்றே? சொல்லு, நா ஸ்டேஷன்ல நிக்கிறேன்." டீச்சர் தலை வாரிக்கொண்டிருந்தவள் சீப்பை நிறுத்தினாள்.

"யாரு அக்கா?"

"பினாங்குலேர்ந்து என் மருமகன். ஆள் மாத்தி அனுப்பிட்டாரு" என்றேன். அவள் மறுபடி தலை வாரினாள். வரவில்லை, கூப்பிடாதே என்று அவனுக்கு எழுதிவிட்டுப் போனை அணைத்தேன்.

நானும் சும்மா இருக்கவில்லை. ஐந்தாம் நாள் கடைத்தெருவில் அவள் ஆண்கள் போடும் கம்பளிச் சட்டை ஒன்று வாங்கினாள். சாம்பல் நிறம், நல்ல கனம். தம்பிக்கு என்றாள். வெக்கை அடிக்கிற தன்லியினில் எந்தத் தம்பி கம்பளி போடுகிறான்? இங்கே யாரோ இவளுக்காகக் காத்திருக்கிறான் என்று முடிவுகட்டினேன். தலைவரிடம் சொல்லலாமா என்றுகூட நினைத்தேன். சொல்லவில்லை. என் பொய்யையும் யாராவது தோண்டுவார்களே.

ஊருக்குக் கிளம்புவதற்கு முந்தின நாள் காலையில் தலைவர் எங்கள் பாஸ்போர்ட்டுகளைத் திருப்பிக் கொடுத்தார். "கடையில் வரித் தள்ளுபடிக்குக் கேட்பார்கள், இன்றைக்கு அவரவரே வைத்துக்கொள்ளுங்கள்" என்றார். டாக்டர் தன் பாஸ்போர்ட்டைப் புரட்டி ஒவ்வொரு பக்கமாகப் பார்த்தார். திரும்பும் டிக்கெட்டுகளின் அச்சுப் பிரதிகளையும் அப்போதே கொடுத்தார். எனக்குச் சந்தோஷம் வரவில்லை. எங்களைச் சோதிக்கிறார் என்றுதான் நினைத்தேன்.

அன்று போன மூன்றாவது காட்சியகம் ஒரு பழைய துறவிமடம். மாடியில் நீள நடைபாதை, இரண்டு பக்கமும் சின்னச் சின்ன அறைகள், ஒவ்வோர் அறைச் சுவரிலும் ஓர் ஓவியம். ஓர் அறைக்குள் இரண்டு பேர்தான் நிற்கலாம். நான் டீச்சரை விட்டுப் பிரியாமல் அவளோடு நுழைந்தேன். அவளும் என்னை விடவில்லை. காதில் அவர் குரல், சுவரில் சாந்து ஈரமாக இருக்கும்போதே வண்ணம் பூசிவிட வேண்டும், காய்ந்தால் திருத்த முடியாது என்று சொல்லிக்கொண்டிருந்தது. பிறகு கரகரத்தது. பக்கத்து அறைக்குப் போகிறார் என்று நினைத்தேன். கரகரப்பு மெலிந்து வெறும் இரைச்சலானது. அதுவும் நின்றது.

கால் மணி நேரம் கழித்து வழிகாட்டிப் பெண் நடைபாதையில் நின்று எங்கள் தலைகளை எண்ணினாள். நான்கு. படிக்கட்டுக் காவலாளி அவருடைய ஒலிவாங்கியைக் கையில் வைத்திருந்தார். உங்கள் ஆள் கொடுக்கச் சொன்னார் என்றார்.

டாக்டரின் மனைவி சுவரோரம் கிடந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள். டாக்டர் மெதுவாகச் சொன்னார்: "நம்மையெல்லாம் எண்ணிக்கொண்டிருந்தவர் அவர்தானே."

மறுநாள் நாங்கள் நான்கு பேரும் நாங்களாகவே விமானம் ஏறினோம். எடை கூடியதால் டீச்சர் பெட்டியைத் திறந்து சாமானை மாற்றி அடுக்கினாள். பக்கத்தில் நின்று பார்த்தேன். கம்பளிச் சட்டை அதில் இல்லை.

ரங்கூனில் பயண அலுவலகத்திலிருந்து இரண்டு பேர் மிங்கலாடோனுக்கே வந்து நின்றார்கள். ஒவ்வொருவரையும் தனித்தனியாக விசாரித்தார்கள். யாருக்கு முன்பே தெரியும், கடைசியாக யாரோடு பேசினார். தெரியாது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். கம்பளியைப் பற்றி எழுதவில்லை.

ஒரு மாதம் கழித்துத் தலைவரின் மனைவி கடைக்கு வந்தாள். மெலிந்த பெண், பர்மியப் பெண்கள் முகத்தில் அரைத்துப் பூசும் தனக்கா இல்லாமல் வெறுமையாக இருந்தாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"அவர் சளி பிடித்த உடம்புக்காரர். எடுத்துப் போனதெல்லாம் மெல்லிய சட்டைகள். குளிருக்கு ஏதாவது போட்டிருந்தாரா, நீங்கள் பார்த்தீர்களா?"

அவளை யார் அனுப்பியிருப்பார்கள் என்றுதான் என் மனசு ஓடியது. அலுவலகமா, வேறு யாராவதா? கையெழுத்துப் போட்ட காகிதத்தில் இல்லாத ஒன்றை வாயால் சொல்லக் கூடாது.

"கவனிக்கவில்லை" என்றேன்.

அவள் தலையசைத்துவிட்டுப் போனாள். அன்று முழுக்க நான் வெட்டிய சட்டமெல்லாம் அளவு தப்பியது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை பஸ் பிடித்துப் பாலத்தைத் தாண்டித் தன்லியினுக்குப் போனேன். டீச்சர் வாசலில் என்னைப் பார்த்ததும் முதலில் தெருவை இரண்டு பக்கமும் பார்த்தாள். பிறகுதான் உள்ளே கூப்பிட்டாள். நேராகவே கேட்டேன்.

"அந்தக் கம்பளி அவருக்குத்தானே?"

வாசல் கதவைச் சாத்தினாள். பிறகு, "அவரு இருமிக்கிட்டே இருந்தாரு அக்கா. ஒரு கம்பளி வாங்கித் தர முடியுமான்னு கேட்டாரு. தான் வாங்குனா எல்லாரும் பாப்பாங்கன்னாரு. அப்பவே எனக்குச் சந்தேகம்."

"ஏன் சொல்லல?"

"நா சொல்றதுக்குக் கோவிக்க வேணாம். நீங்களும் அவரோட போறீங்கன்னு நெனச்சேன். காலங்காத்தால எந்திரிக்கிறீங்க. போன்ல ஒரு ஆளு ஸ்டேஷன்ல நிக்கிறேங்கறாரு. ஒங்களப் பாத்துக்கச் சொல்லி என்கிட்ட சொன்னதே அவருதான். நீங்க ரெண்டு பேரும் சேந்து என்னை ஏமாத்துறீங்கன்னு நெனச்சேன்."

எனக்குச் சிரிப்பு வந்தது, கூடவே கண்ணும் கலங்கியது. மிலானைப் பற்றி முதல் தடவையாக ஒருத்தரிடம் சொன்னேன். அவள் சொன்னதை நான் முழுக்க நம்பினேனா? முக்கால்வாசி. என்னை அவளும் அவ்வளவுதான் நம்பியிருப்பாள். அவர் மனைவி கடைக்கு வந்து கேட்டதைச் சொன்னதும் டீச்சர் எழுந்துவிட்டாள். "போய்ச் சொல்லிடுவோம் அக்கா, இன்னிக்கே."

மிங்கலாடோனில் அவர் வீடு இருக்கும் தெரு எது என்று டாக்டரிடம் போனில் கேட்டுத் தெரிந்துகொண்டோம். இரண்டு பஸ் மாறிப் போய்ச் சேரும்போது நாலு மணி. கதவில் பூட்டு. பக்கத்து வீட்டில் ஒரு பெண் துணி எடுத்துக்கொண்டிருந்தாள்.

"இந்த வீட்டம்மா எங்கே போயிருக்கிறார்?" என்று டீச்சர் பர்மிய மொழியில் கேட்டாள்.

அந்தப் பெண் எங்களை மேலும் கீழும் பார்த்தாள்.

"யார் நீங்கள்? எதற்குக் கேட்கிறீர்கள்?"

டீச்சர் என்னைப் பார்த்தாள். ஒரு செய்தி சொல்ல வேண்டும் என்றேன்.

"என்ன செய்தி? என்னிடம் சொல்லுங்கள்."

வீட்டம்மாவிடமேதான் சொல்ல வேண்டும் என்றேன். இவள் யாரோ, யாரிடம் போய்ச் சொல்வாளோ. அந்தப் பெண் மீதித் துணியையும் வாரிக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். தாழ் போடும் சத்தம் கேட்டது. நாங்கள் இருவரும் கொஞ்ச நேரம் அந்தத் தெருவில் நின்றுவிட்டு பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தோம்.