மருமோனோடு காங்கேசன்துறை வரை

கும்பகோணத்திலிருந்து நாகப்பட்டினம் துறைமுகம் வரை என் மனைவிதான் காரை ஓட்டி வந்தாள். விடியாத நேரம், வழியெல்லாம் மழை. இறங்கியதும் நான் பானெட்டைத் தட்டிக்கொடுத்து, "பதினாலு வயசு வண்டி, என்னமா வந்திருக்கு பாரு!" என்றேன். அவள் என் பையை எடுத்துக் கீழே வைத்தாள். நான் கப்பல் ஏறினேன்.

நான்கு மணி நேரத்துக் கடல். காங்கேசன்துறையில் இறங்கியதும் வெளியே நின்ற ஆட்டோக்காரரிடம், கரவெட்டிக்குப் போக எங்கே பஸ் பிடிக்க வேண்டும் என்று கேட்டேன். கரவெட்டியில் என்ன வேலை என்று அவர் கேட்டார். நாளைக்குக் காங்கேசன்துறைக்கு வரவேண்டும், அதற்காகப் போகிறேன் என்றேன். மேலும் கீழும் பார்த்தார்.

"மருமோனோட வரப்போறேன்" என்று சொன்ன பிறகுதான் அவருக்கு முகம் மலர்ந்தது. உடனே வாடவும் செய்தது.

"அவர் ஓடுவாரோ? கயிறு கட்டி இழுத்துக்கொண்டு போற வீடியோவை நானும் பாத்தனான்" என்றார்.

மருமோன் என்பவர் ஒரு கார். எழுபது வயது தாண்டிய, கறுப்பு நிற ஏ-ஃபார்ட்டி. 'அது' என்று சொன்னால் இந்தக் குடாநாட்டில் முகம் சுளிக்கிறார்கள், ஆகையால் நானும் 'அவர்' என்றே எழுதுகிறேன். கரவெட்டியில் இருக்கும் தர்சினி என்ற பெண் இவரை வைத்து இரண்டு படங்கள் எடுத்திருக்கிறாள். 'மருமோன்' முதல் படம். 'மருமோன் கோவிச்சிட்டார்' இரண்டாவது. கதை இவ்வளவுதான்: மகளைக் கட்டிய மாப்பிள்ளை கனடாவிலேயே இருந்துவிடுகிறார், ஊருக்கு வருவதே இல்லை. அவர் வாங்கி நிறுத்திவிட்டுப் போன பழைய காரை மாமியார் மருமகனாகவே நடத்தத் தொடங்குகிறாள். காரும் மருமகனாகவே நடந்துகொள்கிறது. மூன்று முறை கூப்பிடாமல் புறப்படாது. கல்யாண வீட்டில் பிளாஸ்டிக் பூ கட்டினால் நடுத்தெருவில் நின்றுவிடும். ஒரு வார்த்தை பேசாது. ஹார்ன், முன்விளக்கு, முறைப்பு, அவ்வளவே. நான் இந்த இரண்டு படங்களையும் கைப்பேசியில் பார்த்துவிட்டு வயிறு வலிக்கச் சிரித்தவன். மூன்றாவது படம் போடப் போகும்போது நானும் காரில் வரலாமா என்று தர்சினிக்கு எழுதிக் கேட்டிருந்தேன், வரச் சொல்லியிருந்தாள்.

முதல் படத்தில் ஒரு காட்சி உண்டு. யாழ்ப்பாணத்துக் கல்யாணத்தில் மாப்பிள்ளை வாசலுக்கு வந்ததும் பெண்ணின் சகோதரன் அவர் காலைக் கழுவுவான், மாப்பிள்ளை அவனுக்கு ஒரு மோதிரம் போடுவார். படத்தில் அந்தப் பையன் காரின் முன் டயரைக் கழுவுகிறான். கார் ஒரு குலுக்குக் குலுக்கி, நட்டுக்கு அடியில் போடுகிற ஒரு பித்தளை வாசரைக் கீழே போடுகிறது. அதை அவன் விரலில் மாட்டிக்கொள்கிறான். அன்றிலிருந்து இங்கே பள்ளிப் பிள்ளைகள் விரலில் வாசர் போட்டுக்கொண்டு திரிகிறார்கள்.

கரவெட்டியில் தர்சினி என்னை வரவேற்றபோது அவள் கை முழங்கை வரை கிரீஸ். முப்பத்தைந்து வயது இருக்கும். இயக்குநர் அவள், ஓட்டுநர் அவள், மெக்கானிக்கும் அவளே. படத்தில் மாமியாராக நடிப்பவர் அவளுடைய சொந்த மாமியார் பரமேஸ்வரி, எல்லாருக்கும் மாமி. கார் அந்த வீட்டுக் கார்.

அந்த வீடியோவைப் பற்றிக் கேட்டேன்.

"அது மூண்டாவது படத்திலை வாற காட்சி அண்ணை. வயல் உழுற றைக்டர் மருமோனைக் கயிறு கட்டி இழுக்கிற மாதிரி எடுத்தனாங்கள். ரோட்டாலை போன சுதன் எண்டவர் அதை ஃபோனிலை பிடிச்சு, 'மருமோன் செத்திட்டார், ரெண்டு படமும் கயிற்றிலைதான் ஓடினது' எண்டு இணையத்திலை போட்டிட்டார். ஊரே நம்பிட்டுது."

"நீங்க மறுத்துச் சொல்லலையா?"

"சொன்னனான். ஆர் கேக்கினம்? கடைசியா அதே இடத்திலை நானும் போட்டன். மூண்டாம் படத்தை முதன்முதலாக் காங்கேசன்துறையிலை திரை கட்டிப் போடுறன், அங்கை மருமோன் தன்ரை காலிலை வருவார். கயிறு கட்டினால் படம் போடமாட்டன். அதுக்குச் சுதன் என்ன எழுதினவர் தெரியுமோ? 'கயிறில்லாமல் வரட்டும், நானே கால் கழுவுறன்.'"

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனால் கண் சிரிக்கவில்லை. ஏழு வருட உழைப்பை ஊர் ஒரு கயிற்றுக்குள் அடக்கிவிட்டது. எனக்கே கோபம் வந்தது.

மறுநாள் மாலை நான்கே காலுக்குப் புறப்பாடு. இரண்டு மணிக்கே போகலாம் என்று தர்சினி கெஞ்சியும் நல்ல நேரம் பார்க்காமல் மருமகனை அனுப்ப மாமி சம்மதிக்கவில்லை. படம் ஆறரைக்கு. கரவெட்டியிலிருந்து நெல்லியடி, வல்லை, புத்தூர், சுன்னாகம் வழியாகக் காங்கேசன்துறை ஏறத்தாழ முப்பத்தைந்து கிலோமீட்டர். நம்மூரில் பால் வாங்கப் போகிற தூரம். மருமோனுக்கு அது பட்டினப்பிரவேசம்.

"ஒரே ஒரு விசயம் அண்ணை. வெளிக்கிட்டால் நிப்பாட்டக் கூடாது. சூட்டிலை நிப்பாட்டினால் பம்புக்குள்ளை பெற்றோல் ஆவியாப் போகும். பிறகு ஆறுறதுக்கு ரெண்டு மணித்தியாலம் வேணும்" என்றாள் தர்சினி.

"ஆற வைக்க வழியே இல்லையா?"

"பம்பிலை ஈரச்சாக்குப் போட்டால் சரி. சாக்கும் தண்ணிக் கானும் டிக்கிக்குள்ளை எப்பவும் கிடக்கு."

மாமி பட்டுச்சேலையில் வந்து பின் இருக்கையில் அமர்ந்தார். "மருமோன், வெளிக்கிடுவமோ?" என்று மூன்று முறை கேட்டார். தர்சினி சாவியைத் திருப்பினாள். மூன்றாவது கேள்விக்கு இன்ஜின் பதில் சொன்னது. படத்துக்காகச் செய்த ஏற்பாடு என்று நினைத்தேன். இல்லையாம், அவர் எப்போதுமே அப்படித்தானாம்.

நெல்லியடிச் சந்தியில் கடைக்காரர்கள் வெளியே வந்து கையசைத்தார்கள். ஒருவர் ஓடிவந்து எனக்கு ஜன்னல் வழியாக உளுந்து வடையும் பிளேன்டீயும் நீட்டினார். வடை எண்பது ரூபாய், டீ ஐம்பது. காசை நீட்டினால் வாங்கவில்லை. "மருமோனோடை வாறவரிட்டைக் காசோ?" என்றார். சம்பந்தி மரியாதை என்றால் இதுதான்.

வல்லை வெளியில் காற்று அடித்த அடியில் கார் ஒரு பக்கமாக நகர்ந்தது. இரு பக்கமும் தண்ணீர், நடுவில் நாங்கள். மணிக்கு இருபத்தைந்து கிலோமீட்டர் வேகம். எங்களுக்குப் பின்னால் மோட்டார் சைக்கிள்கள் வரிசையாக வந்தன. முந்திப் போக யாருக்கும் மனமில்லை. தர்சினி ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள், காது முழுக்க இன்ஜினிடம். மாமியோ வெளியே பார்த்து, எல்லாருக்கும் கும்பிடு போட்டுக்கொண்டு வந்தார்.

ஐந்து மணி. புத்தூர்ச் சந்தியில் திரும்பி வெங்காயத் தோட்டங்களுக்கு நடுவே சற்றுத் தூரம் போனதும் வினை வந்தது. அதுவும் வெள்ளைத்துணி விரித்த மேசை ரூபத்தில் வந்தது. வீதியின் நட்டநடுவில் மேசை. மேலே நிறைகுடம், குத்துவிளக்கு, சந்தனம், மடித்து வைத்த பொன்னாடை. பக்கத்தில் நடராசா என்ற தோட்டக்காரரும் அவர் மனைவியும் ஆராத்தித் தட்டோடு நின்றார்கள்.

தர்சினி பிரேக்கை மிதித்தாள், இன்ஜினை மட்டும் உறுமவிட்டுக்கொண்டே இருந்தாள். "அண்ணை, மேசையைத் தள்ளுங்கோ, நிப்பாட்டேலாது!" என்று கத்தினாள்.

"ஒரு நிமிசம் பிள்ளை. எங்கடை ஊராலை போற மருமோனைச் சும்மா விடுறதோ?" என்றார் நடராசா. அவர் மனைவி அதற்குள் டயருக்குத் தண்ணீர் ஊற்றத் தொடங்கிவிட்டார்.

ஆராத்தித் தட்டு பானெட்டுக்கு நேராக வந்தது. பின்னால் இருந்து மாமியின் குரல் கேட்டது: "ஆராத்தி எடுக்கேக்கை உப்பிடிச் சத்தம் போட்டால் மரியாதையோ?" கேட்ட கையோடு எட்டிச் சாவியைத் திருப்பிவிட்டார்.

அப்படி ஒரு அமைதியை நான் கேட்டதில்லை. தூரத்தில் யாரோ தோட்டத்துக்கு இறைக்கும் பம்பு மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

"மாமீ!" என்றாள் தர்சினி.

ஆராத்தி முடிந்தது. சாவியைத் திருப்பினாள். கர், கர், கர். மருமோன் கோவித்துவிட்டார். நான் ஓடிப்போய் டிக்கியைத் திறந்தேன். சாக்கும் இல்லை, தண்ணீர்க் கேனும் இல்லை. ஒரு பெரிய பலகாரத் தட்டில் பயத்தம் பணியாரமும் அரியதரமும் வரிசையாக அடுக்கியிருந்தன.

"நல்ல நாளிலை மருமோன்ரை டிக்கிக்குள்ளை ஊத்தைச் சாக்கு என்னத்துக்கு எண்டு நான்தான் எடுத்து வெளியிலை போட்டனான்" என்றார் மாமி. குரல் பாதியாகியிருந்தது.

கூட்டம் சேர்ந்தது. கைப்பேசிகள் உயர்ந்தன. ஒரு இளைஞன் தன் திரையைப் பார்த்து, "சுதன் அண்ணை அதுக்குள்ளை எழுதிட்டார், 'புத்தூரிலை படுத்திட்டார்' எண்டு" என்றான். ஐந்தேகால். காங்கேசன்துறைக்கு இன்னும் பதினெட்டு கிலோமீட்டருக்குக் குறையாது. நடராசாவுக்குத் தன் அன்பு செய்த காரியம் அப்போதுதான் விளங்கியது. தலையில் கைவைத்துக்கொண்டார். பிறகு ஓடிப்போய்த் தன் டிராக்டரைக் கொண்டுவந்து நிறுத்தினார்.

"சுன்னாகம் மட்டும் கட்டி இழுப்பம் பிள்ளை. பிறகு அவிட்டுவிடலாம். ஒருத்தரும் சொல்லமாட்டினம்."

அவர் இறக்கிப் போட்ட கயிறு தர்சினியின் காலடியில் கிடந்தது. அவள் அதைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். அந்த நேரத்தில் நானாக இருந்தால் கட்டியிருப்பேன்.

"இல்லை அண்ணை. கயிறு எண்டால் திரும்பிக் கரவெட்டிக்குத்தான்" என்றாள். பானெட்டைத் திறந்தாள். "ஒரு துணி தாங்கோ, தடிப்பான துணி!"

மேசை விரிப்பு மெல்லியது, தோட்டத்தில் நின்றவர்களிடம் தடித்த துணி ஏது? மாமி மேசையிலிருந்த பொன்னாடையை எடுத்தார். "தண்ணி?" என்றாள் தர்சினி. கால் கழுவிய செம்பு காலி. கிணற்றுக்குப் போக இருவர் கிளம்பினார்கள். மாமி காத்திருக்கவில்லை. நிறைகுடத்து மாவிலையையும் தேங்காயையும் எடுத்து மேசையில் வைத்தார். நடராசாவின் மனைவி பதறிப்போய், "ஐயோ, அது கும்பமெல்லே!" என்றார்.

"மருமோனுக்கு வைச்ச கும்பம்தானே? அவருக்கே போகட்டும்" என்றார் மாமி.

பொன்னாடையை நானும் மாமியுமாகக் குடத்துத் தண்ணீரில் நனைத்துக் கொடுத்தோம். தர்சினி அதைப் பம்பின் மேல் சுற்றினாள். புஸ்ஸென்று ஆவி கிளம்பியது. மறுபடி நனைத்தோம், மறுபடி சுற்றினாள். மாமி பட்டுச்சேலை ஈரமாக, பானெட்டுக்கு முன்னால் நின்று கைகூப்பினார். "கோவியாதேங்கோ மருமோன். பிழை என்ரைதான்." இது படத்தில் வரும் வசனம் இல்லை. அந்த முகத்தைப் பார்த்தவர்கள் யாரும் சிரிக்கவில்லை.

தர்சினி உள்ளே ஏறிச் சாவியைத் திருப்பினாள். கர். கர். பிறகு ஒரு இருமல், ஒரு குலுக்கல், ஒரு கறுப்புப் புகை. மருமோன் எழுந்துவிட்டார்!

புத்தூர் வெங்காயத் தோட்டங்களில் அன்று எழுந்த கூச்சலை என்னால் எழுதிக் காட்ட முடியாது. நடராசா கயிற்றைச் சுருட்டித் தோட்டத்துக்குள் வீசினார். மாமி கைப்பையைத் திறந்து அவர் மனைவிக்கு ஒரு வாசரும், துணி நனைத்ததற்காக எனக்கு ஒன்றும் தந்தார். நான் வெட்கமில்லாமல் விரலில் போட்டுக்கொண்டேன். மணி ஐந்தரை.

அதன் பிறகு நிறுத்தமில்லை. செய்தி எங்களுக்கு முன்னால் போயிருந்தது. சுன்னாகத்தில் சந்தைக்காரர்கள் மேசை போடவில்லை, வழிவிட்டு இரு ஓரமும் நின்று கைதட்டினார்கள். மல்லாகத்தில் பஸ்ஸே ஒதுங்கி நின்றது. தெல்லிப்பழையில் ஒரு பெண் குழந்தையைத் தூக்கிக் காட்டி, "நிப்பாட்டாதேங்கோ, போங்கோ, போங்கோ!" என்று கத்தினாள். மாமி இரண்டு கைகளையும் மடியில் கோத்து வைத்துக்கொண்டு, "என்ரை கை இஞ்சை கிடக்கு பிள்ளை, நீ பயப்பிடாமல் ஓட்டு" என்றார். தர்சினி அன்று முதல்முறையாக வாய்விட்டுச் சிரித்தாள்.

ஆறு இருபது. பழைய சீமெந்து ஆலைக்கு அப்பால் வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது. கடற்காற்றில் வெள்ளைத் திரை புடைத்து நின்றது. சனசமூக நிலையத்தின் திடல் முழுக்கத் தலைகள். கயிறில்லாமல், தள்ளாமல், தன் காலில் மருமோன் அந்தக் கூட்டத்துக்குள் நுழைந்தார். திரைக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்திவிட்டு, தர்சினி தானே சாவியைத் திருப்பி எடுத்தாள்.

சுதன் செம்போடு வந்தார். நாற்பது வயது, தடித்த மீசை, சொன்ன சொல் காப்பாற்றும் முகம். "நான் பிழையாப் போட்டிட்டன், தங்கச்சி" என்று எல்லாருக்கும் கேட்கச் சொன்னார். குனிந்து முன் டயர்கள் இரண்டையும் கழுவினார். அவர் விரலுக்குக் கடைசி வாசர் கிடைத்தது. விசில் காதைப் பிளந்தது.

ஆராத்தித் தட்டு வந்தது. கூட்டம் பானெட்டுக்கு முன்னால் வழிவிட்டது. மாமி தட்டை வாங்கிக்கொண்டு நடந்து, பானெட்டைக் கடந்து, ஓட்டுநர் கதவுப் பக்கம் போய் நின்றார். கிரீஸ் அப்பிய கையோடு இறங்கிய தர்சினி, அவருக்கு வழிவிட ஒதுங்கினாள்.

"எங்கை போறாய்? நில்லு" என்றார் மாமி. தட்டை அவள் முகத்துக்கு நேரே மூன்று முறை சுற்றினார். குங்குமம் தொட்டு அவள் நெற்றியில் வைத்தார். "இவ்வளவு நாளும் மருமோன் மருமோன் எண்டு கத்தினன். ஓட்டிக்கொண்டு வந்தது என்ரை மருமோள்."

தர்சினி அழுதுவிட்டாள். நானும்தான். பிறகு படம் போட்டார்கள். 'மருமோன் வந்திட்டார்' முடிகிற வரைக்கும் ஒருவரும் எழுந்து போகவில்லை.

மறுநாள் அதே துறைமுகத்தில் கப்பல் ஏறினேன். எங்கள் பக்கத்தில் நடிகர்களின் கட்-அவுட்டுக்குப் பால் ஊற்றுகிறோம், இங்கே காருக்குக் கால் கழுவுகிறார்கள், இரண்டும் ஒன்றுதானே என்று கேட்கலாம். ஒன்றுதான். ஆனால் கழுவி முடித்த பிறகு ஓட்டி வந்தவளைத் திரும்பிப் பார்த்த ஒரு மாமியாரை நான் இந்தப் பக்கத்தில்தான் கண்டேன்.

நாகப்பட்டினத்தில் என் மனைவி காரோடு காத்திருந்தாள். கும்பகோணத்திலிருந்து மறுபடியும் தனியாக ஓட்டி வந்திருந்தாள். என் கை பழக்கத்தில் பானெட்டை நோக்கிப் போனது. பாதியில் நிறுத்தி, விரலிலிருந்த வாசரைக் கழற்றி அவள் விரலில் போட்டேன்.

"என்ன இது?" என்றாள்.

"சாவியைக் குடு. இப்ப நான் ஓட்டறேன், நீ சாய்ஞ்சு உக்காரு. வழியில சொல்றேன்."